பட்டினி கிடந்த கவிஞரின் வீடு

— மைக்க ஆஃப் பண்ணு நைனா. பண்ணுன்றேன்ல? இப்ப இன்னாவோ சொன்னியே, அதத் திருப்பிச் சொல்லு.

— நீங்க யாரும்மா? டூர் நடந்துகிட்டிருக்கு. டிக்கெட் வாங்கின இருபத்திரண்டு பேர் வெயில்ல நிக்கிறாங்க. இந்த வீட்டுல குடியிருக்கீங்களா?

— குடிதான் கீறேன், நாப்பத்தோரு வருசமா. திருப்பிச் சொல்லு.

— சரி. “இதோ, இந்த வீட்டில்தான் கவிஞர் வேதகிரி பட்டினி கிடந்து உயிர் துறந்தார். அவருடைய மனைவியோ, அவர் எழுதிய மாபெரும் காவியத்தை அடுப்பில் இட்டு எரித்தார். கட்டிய கணவனுக்கு ஒரு பிடி சோறு இடவில்லை.” இவ்வளவுதான்மா.

— சோறு போடலன்னு யாரு சொன்னது உனக்கு?

— வரலாற்று நோக்குல பாத்தீங்கன்னா...

— நான் சமையக்கட்டு நோக்குல கேக்குறேன். யாரு சொன்னது?

— ஒரு நிமிஷம், தினகரன் சார். ஆன்ட்டி, நீங்க... சுலோச்சனாவா? கவிஞரோட மனைவி?

— ஆமா கண்ணு. நீ யாரு?

— நிஷா. சென்னையில ஒரு இணைய இதழ்ல எழுதறேன். இந்த ‘இலக்கிய நடை’ டூரைப் பத்தி எழுதலாம்னு வந்தேன். சார், கோயில்கிட்ட இவங்க இறந்துட்டாங்கன்னு சொன்னீங்களே?

— அப்படிச் சொல்லல மேடம். “அதன்பின் அந்த அம்மையார் என்ன ஆனார் என்று வரலாறு பதிவு செய்யவில்லை”ன்னுதான் சொன்னேன்.

— மானாம்பதியில மூணு ஏக்கரா நெல்லு வெச்சிக்கினு கீறான்னு பதிவு பண்ணிக்க. பத்து மணிக்கு அறுப்பு மிஷின் வருது, நான் போவணும். அதுக்குள்ள இந்தச் சோத்து வெவகாரத்த முடிச்சிக்கலாம். ரெண்டு பேரும் உள்ள வாங்க.

— அம்மா, கூட்டம் காத்திருக்கு...

— அது எங்கியும் போவாது. எதுத்தாப்புல முஸ்தபா கடையில ரோஸ்மில்க் கீது, குடிக்கட்டும்.

— அது கவிஞர் தினமும் டீ குடிச்ச கடையாச்சே! அந்த பெஞ்சுல உக்காந்துதானே கவிதை எழுதினாரு? இப்பதான் காட்டிட்டு வந்தேன். ரெண்டு பேர் பெஞ்சைத் தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிட்டாங்க.

— அவுருக்கு டீயே ஆவாது. நெஞ்சு கரிக்கும். அந்த பெஞ்சு போன தை மாசம் வாங்குனது, முஸ்தபா பொண்ணு ஷப்ரீன் கல்யாணத்துக்கு. செருப்பக் கயட்டிட்டு வா நைனா. ஃபேனுக்கு கீய குந்து.

— ஆன்ட்டி, நான் ரெக்கார்ட் பண்ணிக்கலாமா?

— பண்ணிக்க. நல்லா பண்ணிக்க. காலையில நாஷ்டாவுக்கு நாலு இட்லி, அது மேல நல்லெண்ணெய். மத்தியானம் கொழம்பு, ரசம், பொரியலு. ஞாயித்துக்கெயம கறி, அதுவும் கொழுப்போட இருந்தாத்தான் கைய வெப்பாரு. செங்கல்பட்டு ஆஸ்பத்திரில படுத்துக்கினு இருந்தப்பகூட அங்கத்திய சோறு எறங்கலன்னு தூக்குச் சட்டியில போட்டுக்கினு தெனம் பஸ்ஸுல போனேன். பட்டினியில சாவல நைனா அவுரு. கொழுப்புல செத்தாரு. டாக்டரு சீட்டு பீரோவுல கீது, எடுத்தாரட்டா?

— வேணாம்மா, நம்பறேன். ஆனா கவிஞர் கொழுப்புல இறந்தாருன்னு மைக்ல எப்படிச் சொல்றது?

— மெல்லமா சொல்லு.

— சார், உண்மையச் சொல்லுங்க. பட்டினிங்கிற தகவல் எங்கேர்ந்து கெடைச்சுது?

— மேடம், நாலு மாசம் முன்னாடி வரைக்கும் “எளிய வாழ்வு வாழ்ந்தார்”னுதான் சொல்லிட்டிருந்தேன். யாருக்கும் கண்ணு கலங்கல. ஒருத்தர் ஏசி கார் நிக்கிற எடம் எங்கன்னு கேட்டாரு. ஒரு நாள் வாய் தவறி பட்டினின்னு வந்துடுச்சி. மூணு பேர் விம்மி அழுதாங்க. அதுலேர்ந்து எல்லாரும் ஐந்து நட்சத்திரம் போடறாங்க. கவிஞன்னா ஜனங்க வயித்தத்தான் முதல்ல பாக்கறாங்க. நான் என்ன பண்ணட்டும்?

— உனுக்கு நட்சத்திரம் வருது. எனுக்கு இன்னா வருது தெரியுமா? எம் பொண்ணு தமிழ்ச்செல்விய வாலாஜாபாத்துல குடுத்துக்கீறேன். அவ மாமியாரு உன் வீடியோவ ஃபோன்ல பாத்துட்டு, “உங்கம்மா கட்டுனவனுக்கே சோறு போடலியாமே, உனுக்கு இன்னா சொல்லிக் குடுத்து அனுப்பிச்சிருப்பா”ன்னு கேட்டுக்கீறா. எம் பொண்ணு அயுவுறா. எரிச்சான்னு சொல்றியா, சொல்லிக்க. பதினாலு வருசமா ஊரே சொல்லிக்கினு கீது. நான் ஒருத்தர ஏன்டான்னு கேட்டதில்ல. சோத்துல கை வெச்சா வுட மாட்டேன்.

— மாத்திடறேன்மா. இன்னிக்கே மாத்திடறேன்.

— ஆன்ட்டி, இவ்வளவு கோவப்படறீங்க. அப்ப காவியத்த எரிச்சதா சொல்றத மட்டும் ஏன் விட்டுட்டீங்க?

— சொன்னா சொல்லிட்டுப் போறாங்க கண்ணு.

— எரிச்சீங்களா இல்லையா?

— காவியத்தியா? அத ஏன் நான் எரிக்கப் போறேன். அது கீது.

— என்னம்மா சொல்றீங்க! ‘ஏரிப் பெருங்காவியம்’ இருக்கா? அறுநூறு பக்கம்! தமிழ் இழந்த செல்வம்னு ஒவ்வொரு வாரமும் சொல்லிக்கிட்டிருக்கேன்! அவரோட சீடர் ஒருத்தர் வாசல்ல நின்னு புகையைப் பாத்ததா எழுதியிருக்காரு!

— பொகை வந்தது நெஜந்தான். அவன் பாத்ததும் நெஜந்தான். காவியம் ஃபிரிட்ஜுக்கு அடியில கீது.

— ஃபிரிட்ஜுக்கு அடியிலயா?

— ஒரு காலு ஒடஞ்சி போச்சி. எத வெச்சாலும் ஆடுச்சி. இது அளவெடுத்தாப்புல நின்னுச்சி. ஒரு கை புடி நைனா, தூக்கு. கண்ணு, நீ அந்தப் பேப்பரு கட்ட இழு. பாத்து, கால்ல போட்டுக்காத. செங்கல்லு ஒண்ணு கொல்லக் கதவாண்ட கீது, அத முட்டுக் குடுத்துடு.

— வந்துடுச்சி ஆன்ட்டி. நூல் கட்டியிருக்கு.

— குடுங்க மேடம், நான் படிக்கிறேன். பதினோரு கவிதைதான் அச்சுல வந்திருக்கு. ஒவ்வொண்ணும் மூணு வரி, நாலு வரி. பல்கலைக்கழகத்துல பாடம். அதுல இந்த வரிய மறக்க முடியுமா?

ஏரி நிறைந்த அன்று
எல்லார் வீட்டுக் கதவிலும்
ஈரம்.

அப்பேர்ப்பட்ட கை அறுநூறு பக்கம் எழுதியிருக்குன்னா! இதோ முதல் பக்கம்...

— ம். படி.

— “ஏரியே! எங்கள் ஊர் ஏரியே!
மாரியே உன்னை நிரப்பும் வாரியே!
நீயே விவசாயிகளின்... தண்ணீர் லாரியே!”

— அடுத்த பக்கமும் லாரிதான். நாப்பதாம் பக்கத்துல மதகு வரும்.

— இன்னாம்மா இது?

— இப்பதான் ஒயுங்கா பேசுற. எந்த ஊரு நீ?

— தென்னேரி.

— அதான பாத்தேன். அந்த மைக்க வெச்சிக்கினு எதுக்கு அந்தப் பேச்சு பேசுற?

— சார், நடுவுல ஒரு பக்கம் பாருங்க. பொதுப்பணித்துறை என்ஜினீயர் பேரு, கெணத்து ஆழம், எம்.எல்.ஏ.வுக்கு நன்றி... எல்லாம் எதுகையோட இருக்கு. ஆன்ட்டி, இவரா அந்த மூணு வரிய எழுதினாரு?

— அவுருதான் எயுதுனாரு. மூணு வரியா எயுதல. அந்த ஈரம் இருவத்தெட்டு பக்கம்.

— பின்ன எப்படி மூணு வரியாச்சு?

— அவுரு கிறுக்கி வெப்பாரு. பத்திரிகைக்கு நல்ல கையெயுத்துல எயுதி அனுப்புறது என் வேலை. அடுப்புல பாலு, வாசல்ல ஸ்கூல் வேனு, பொண்ணுக்குத் தலை பின்னணும். இருவத்தெட்டு பக்கத்த யாரு எயுதுவா? மொத்தத்தியும் ஒரு தபா படிச்சேன். மூணு வரி நல்லா இருந்துச்சி. அத மட்டும் எயுதி தபால்ல போட்டேன்.

— அவருக்குத் தெரியாதா?

— அச்சுல வந்தப்புறம் பாத்தாரு. மொத நாளு குதிச்சாரு. மறுநாளு ஒரு புரொபசரு லெட்டரு போட்டாரு, “என்னே சொற்சிக்கனம்”னு. அதுக்கப்புறம் எயுதி எயுதி ஏங்கிட்ட குடுத்துடுவாரு. குடுக்கும்போது மூஞ்சப் பாக்க மாட்டாரு. பதினோரு தபா.

— அப்ப அந்தச் சொற்சிக்கனம்...

— ஸ்கூல் வேனு எட்டே முக்காலுக்கு வந்துடும் நைனா.

— அம்மா, கால்ல வுயறேன். இத மறுபடியும் ஃபிரிட்ஜுக்கு அடியிலயே வெச்சிடலாம். காவியம் எரிஞ்சி போச்சின்னு சொல்ற எடத்துலதான் கூட்டமே அயுவுது. இது வெளிய வந்தா பதினோரு கவிதையும் போச்சி, அவுரும் போயிட்டாரு, நானும் போயிட்டேன். நடையே இல்ல. மறுபடியும் மொபைல் கடை வேலைக்குத்தான் போவணும்.

— நீங்க கவலைப்படறது உங்க நடைய. இவங்க பதினாலு வருஷமா பழி சொமந்திருக்காங்க, சார்!

— மேடம், ஊருக்கு ஒரு கவிஞர் வேணுமா வேணாமா? நீங்களே சொல்லுங்க. காஞ்சிபுரத்துக்குப் பட்டு இருக்கு. எங்களுக்கு ஆயிரம் வருசத்துக் கல்வெட்டு இருக்கு, அத வாசிக்க ஆளு இல்ல. அம்மா, நீங்களாவது சொல்லுங்க.

— நீ போயி மொதல்ல சோத்தச் சொல்லிட்டு வா. மைக்க பெருசா வெச்சி சொல்லு. எம் பொண்ணு மாமியாருக்குக் கேக்கணும்.

— இதோ போறேன். ஒரே நிமிசம்.

— ஆன்ட்டி, நீங்க கவலைப்படாதீங்க. நாளைக்கே எழுதறேன். தலைப்புகூட ரெடி. “அவர் எரிக்கவில்லை.” நீங்க எடிட் பண்ணதையும் சேத்து எழுதறேன். பதினோரு கவிதைக்கும் உங்க பேரும் வரணும்.

— மொதல்ல அவன் இன்னா சொல்றான்னு கேளு. மைக்கு கேக்குது.

— “அன்பர்களே! ஒரு புதிய ஆய்வுத் தகவல்! கவிஞரின் துணைவியார் வேளை தவறாமல் சோறிட்டார்! இட்லி இட்டார்! நல்லெண்ணெய் இட்டார்! கறியும் இட்டார்! ஆனால் அன்பர்களே... கவிஞரின் பசி சோற்றுப் பசியா? இல்லை! அது சொற்பசி! அந்தப் பசியோடுதான் அவர் மாண்டார்!”

— அழறாங்க ஆன்ட்டி. முன்னவிட அதிகமா அழறாங்க.

— கெட்டிக்காரன். சோறுன்னு சொல்லிட்டான்ல, அது போதும். அந்தக் கட்ட இப்டிக் குடு, நூலக் கட்டி வெக்கிறேன்.

— குடுக்க மாட்டேன். இதுதான் ஆதாரம். இத ஃபோட்டோ எடுத்துப் போட்டாத்தான் நீங்க எரிக்கலன்னு ஜனங்க நம்புவாங்க.

— அப்டி எயுதாத கண்ணு.

— ஏன்? அவரோட பேர் கெட்டுடும்னா? இன்னும் எத்தன நாள் ஆன்ட்டி அவருக்காக இந்தப் பழிய சொமப்பீங்க?

— அவுருக்காக இல்ல. நீ எயுதுறது பொய்யாப் பூடும்.

— காவியம் என் கையில இருக்கே!

— காவியம் எரியல. எரிஞ்சது வேற.

— என்ன வேற?

— ஒரு சின்ன டைரி. உரக்கடையில வருசா வருசம் குடுப்பாங்களே, அது. ஆஸ்பத்திரில கடைசி ரெண்டு மாசம் அதுல எயுதிக்கினு இருந்தாரு. தூக்குச் சட்டியத் தொறந்து சோத்தப் போடுவேன், டைரிய தலவாணிக்கு அடியில தள்ளிடுவாரு. எப்பவும் எயுதுன உடனே ஏங்கிட்ட நீட்டுறவரு, அத நீட்டவே இல்ல. அவுரு போன அப்பால துணிமூட்டையில வந்துச்சி.

— படிச்சீங்களா?

— எப்பவும்போல பேனாவத் தொறந்து வெச்சிக்கினு குந்துனேன். இருவத்தேழு வருசம் வெட்டுன கை. இதுல எத்தினி வரி தேறும், எங்க அடிக்கலாம்னுதான் பாத்தேன். மொத பக்கம் படிச்சேன். ரெண்டாவது பக்கம் படிச்சேன். கடைசி வரைக்கும் படிச்சிட்டு பேனாவ மூடி வெச்சேன்.

— அவ்வளவு மோசமா?

— ஒரு சொல்ல அடிக்க முடியல. நாப்பது பக்கம். ஒரு புள்ளி கூட அதிகம் இல்ல.

— ஐயோ... வேற யாரையாவது பத்தி எழுதியிருந்தாரா? உங்களத் திட்டி?

— இல்ல. அந்த ஜன்னலு, நர்சம்மா செருப்புச் சத்தம், பக்கத்துக் கட்டிலு காலியானது. அவ்ளோதான்.

— பின்ன ஏன் ஆன்ட்டி எரிச்சீங்க?

— நான் இல்லாமயே நல்லா இருந்துச்சி, கண்ணு.