நாற்பத்திரண்டு இருக்கை, நாற்பது பேர்

— ஐயா, உங்க செருப்புல கயிறே இல்லையே.

— என்னம்மா?

— கைடு பொண்ணு தலையை எண்ணிக்கிட்டு வர்றப்ப, குனிஞ்சு குனிஞ்சு செருப்புக் கயிறு கட்டறீங்களே, அதைச் சொன்னேன். பஸ்ஸுக்குள்ள கறுப்புக் கண்ணாடி. காது வரைக்கும் தொப்பி வேற. எங்கயாவது திருடிட்டு வந்து உட்கார்ந்திருக்கீங்களா?

— திருடற மூஞ்சியாம்மா இது? நான் திருடப் போனா வீட்டுக்காரங்களே பாவப்பட்டுச் சாப்பாடு போட்டு அனுப்பி வைப்பாங்க. வெயில் கூசுதும்மா, அவ்வளவுதான்.

— வெளிய ஒரே மேகமா இருக்கு.

— எனக்கு மேகமே கூசும்.

— பார்த்தீங்களா! சாயங்காலம் வரைக்கும் இந்த ஆளு பக்கத்துலதான் நான் உட்காரணும்.

— அன்பான பயணிகளே, வணக்கம். இன்னைக்கு நான்தான் உங்க கைடு. மைக் கடைசி வரிசைக்குக் கேட்குதா? நல்லது. எண்ணிட்டேன், நாப்பது பேர். கிளம்பலாம். கதவு மூடப் போகுது, கை கால் பத்திரம்!

— ஆகா! கேட்டீங்களாம்மா? "கதவு மூடப் போகுது, கை கால் பத்திரம்." அது என் வசனம்!

— உங்க வசனமா?

— அதாவது... நான் லிஃப்ட் ஓட்டினவன்மா. பன்னெண்டு மாடி ஆபீஸ், முப்பத்தோரு வருஷம். ஒரு நாளைக்கு நூறு தடவை அதைச் சொல்லியிருப்பேன். ஊரைத் தாண்டாமலே ஆயிரக்கணக்கான மைல் போனவன் நான். எல்லாம் மேலயும் கீழயும்.

— லிஃப்டுல ஓட்டறதுக்கு என்ன இருக்கு? பொத்தானை அமுக்கினாப் போகுது.

— கடைசியில எங்க முதலாளியும் அதைத்தான் கண்டுபிடிச்சார். என்னை வீட்டுக்கு அனுப்பிட்டார். ஆனா ஆளை எண்ணி ஏத்தறது பொத்தானுக்குத் தெரியுமாம்மா? எட்டுப் பேர்னு பலகையில எழுதியிருக்கும். ஒன்பதாவதா கணக்குப் பிரிவுப் பெரியவர் வயித்தை உள்ள இழுத்துக்கிட்டு, "நான் அரை ஆளுதாம்பா"ன்னு வந்து நிப்பார். அவரை மனசு நோகாம இறக்கி விடறது ஒரு கலை.

— உங்களையும் சேர்த்து எட்டா?

— என்னை எதுக்கு எண்ணணும்? நான் வேலையில இருக்கேன்ல? வேலையில இருக்கறவங்க கணக்குல வர மாட்டாங்க. அது லிஃப்ட்காரன் சட்டம்.

— நல்ல சட்டம். லிஃப்ட் கயிறு அறுந்திருந்தா தெரிஞ்சிருக்கும். இருங்க, அந்தப் பொண்ணு எத்தனைன்னு சொன்னா? நாப்பதா?

— ஆமா.

— சீட்டு நாப்பத்திரண்டு. ஏறினப்பவே பார்த்தேன், ஒண்ணுகூடக் காலியில்லை. பார்த்தீங்களா? எண்ணத் தெரியல அவளுக்கு!

— இல்லம்மா, அவ கணக்குல புலி... புலி மாதிரிதான் தெரியுது, பார்க்கறதுக்கு. இருங்க நானும் எண்ணறேன். ரெண்டு, நாலு, ஆறு... அட ஆமா. நாப்பத்திரண்டு.

— கையில இருக்கற கருத்து அட்டையைப் படிச்சீங்களா? கைடுக்கு ஒரு கட்டம், டிரைவருக்கு ஒரு கட்டம். ரெண்டு பேருக்கும் இன்னைக்குச் சோதனை ஓட்டம். நாம எழுதறதைப் பார்த்துத்தான் வேலை நிரந்தரம் ஆகும். டிரைவருக்கு நான் இப்பவே முழு மார்க் போட்டுட்டேன்.

— இன்னும் ஊர் எல்லையே தாண்டலையேம்மா.

— கிளப்பின விதத்துலயே தெரியும். குலுக்கலே இல்லை, பார்த்தீங்களா?

— பயணிகளே, இப்ப மலைப்பாதையில ஏறப் போறோம். மொத்தம் இருபத்தேழு வளைவு. நாம பார்க்கப் போற அருவி...

— நானூத்தி முப்பது அடி உயரம்.

— ...நானூத்தி முப்பது அடி உயரம். விழற சத்தம்...

— மூணு மைல் தூரம் கேட்கும்.

— ...மூணு மைல் தூரம் கேட்கும்!

— ஐயா, அவ வாயைத் திறக்கறதுக்கு முன்னாடியே சொல்றீங்களே, எப்படி?

— புத்தகத்துல படிச்சேன்.

— எந்தப் புத்தகம்?

— நீலக் கலர் அட்டைம்மா. அதை விடுங்க. உங்க கால் எதுக்கு ஒவ்வொரு வளைவுக்கும் தரையைப் போட்டு மிதிக்குது?

— மரத்துப் போச்சு. அதான்.

— வளைவுல மட்டும் மரத்துப் போகுமா? இந்த டிரைவர் பிரேக்கைக் கொஞ்சம் அழுத்தித்தான் போடறாரு, பயமாத்தான்...

— என்ன அழுத்தி? எதிர்ல அவ்வளவு பெரிய லாரி வந்துச்சு. வேற யாராவதா இருந்தா நாம இப்பப் பள்ளத்துல உட்கார்ந்து பேசிக்கிட்டு இருப்போம்! லிஃப்ட்ல எதிர்ல லாரி வருமா?

— தப்புதாம்மா, மன்னிச்சுக்கங்க. டிரைவரைப் பத்தி இனிமே மூச்சு விட மாட்டேன்.

— மெதுவா... மெதுவா... ஒடி... அப்படித்தான், ராஜா!

— என்னம்மா?

— ஒண்ணுமில்லை. ஜன்னலைப் பாருங்க நீங்க.

— பயணிகளே, சாப்பாட்டு இடைவேளை முடிஞ்சுது. எல்லாரும் ஏறிட்டீங்களா? எண்ணிட்டேன், நாப்பது பேர். கதவு மூடப் போகுது, கை கால் பத்திரம்!

— மறுபடியும் நாப்பது! ஐயா, நீங்க மறுபடியும் கயிறு கட்டினீங்க.

— பழக்கமாயிடுச்சும்மா. நீங்க எங்க போனீங்க? ரெண்டு டப்பா கொண்டு வந்தீங்க. ஒண்ணுல ரொட்டியும் அவிச்ச முட்டையும். நான் ஆசையா அடுத்ததைப் பார்த்தேன். பார்த்துக்கிட்டு இருக்கறப்பவே தூக்கிக்கிட்டு முன்பக்கம் போயிட்டீங்க.

— அது வேற ஒருத்தருக்கு.

— கேட்கலம்மா. முட்டை எனக்கு ஆகாது.

— கேட்காமலே என் டப்பாவுல ரெண்டு முட்டையைத் தின்னுட்டு இந்தப் பேச்சு.

— பயணிகளே, வந்து சேர்ந்துட்டோம். எல்லாரும் இறங்கி இந்தக் கைப்பிடிக் கம்பி பக்கம் வாங்க. பாசி வழுக்கும், பார்த்து. இதோ, நேர் எதிர்ல இருக்கறதுதான் அருவி.

— எங்க?

— பனிமூட்டம்மா. சத்தம்தான் கேட்குது, என் மூக்கு நுனியே எனக்குத் தெரியல.

— நாலு மணி நேரம் உட்கார்ந்து வந்தது வெள்ளைச் சுவரைப் பார்க்கறதுக்கா? பார்த்தீங்களா, கடைசி வரிசைக்காரர் சண்டைக்கே கிளம்பிட்டார். குழந்தைங்க சிணுங்குது. டிரைவரும் பாவம், பஸ் படியில நின்னு முழிக்கறார்.

— ஐயய்யோ, பனிமூட்டம் வந்தா என்ன சொல்றதுன்னு அவ மனப்பாடம் பண்ணலையே! ஒரு மாசம் சமையல்கட்டுல கரண்டியை மைக்காப் பிடிச்சு...

— யாரு வீட்டுச் சமையல்கட்டுல?

— ஷ்ஷ். பேசறா.

— பயணிகளே, ஒரு நிமிஷம். எனக்கு எழுதித் தந்த தாள்ல, "இதோ கண்கொள்ளாக் காட்சி"ன்னு போட்டிருக்கு. அதை நான் இப்பப் படிச்சா என்னைத் தூக்கி அருவியிலேயே போட்டுடுவீங்க. அதனால தாளை மடிச்சு வச்சுட்டேன். எல்லாரும் இந்தக் கம்பியை ரெண்டு கையாலயும் பிடிங்க. குழந்தைங்களும்தான். கொஞ்ச நேரம் பேசாதீங்க... நடுங்குதா? காத்து இல்லை. அதுதான் அருவி. அங்க விழறது பாறையை அடிக்குது. பாறை மண்ணுகிட்டச் சொல்லுது, மண்ணு கம்பிகிட்டச் சொல்லுது, கம்பி உங்க கையில சொல்லுது. வெயில் நாள்ல வர்றவங்க படம் பிடிக்கறதுல கம்பியைத் தொடறதே இல்லை. இன்னைக்கு அருவி நமக்கு முகம் காட்டல. கை குடுக்குது.

— ஐயா. சண்டைக்கு வந்தாரே, அவரும் கம்பியைப் பிடிச்சுக்கிட்டு நிக்கறார். வாயைத் திறந்தவர் மூடவே இல்லை.

— ம்.

— எனக்கே முழங்கை வரைக்கும் ஏறுது.

— ம்.

— அழறீங்களா?

— சாரல்மா.

— கறுப்புக் கண்ணாடிக்குள்ள எப்படிச் சாரல் அடிக்கும்?

— கெட்டிக்காரச் சாரல்.

— பயணிகளே, ஏறிட்டீங்களா? எண்ணிட்டேன், நாப்பது பேர். திரும்பலாம். கதவு மூடப் போகுது...

— இல்லை, இதை இப்படியே விடக் கூடாது. பேசத் தெரிஞ்ச பொண்ணு, ஒத்துக்கறேன். நெஞ்சைத் தொட்டுட்டா. ஆனா மூணு தடவை எண்ணி மூணு தடவையும் தப்பு. இந்தப் பனியில ரெண்டு பேரை மலைமேல விட்டுட்டு வந்திருந்தா? பழி டிரைவர் தலையிலயும்தான் விழும். அட்டையில எழுதத்தான் போறேன்.

— எழுதாதீங்கம்மா.

— ஏன்?

— அம்மா, உங்களைக் கும்பிட்டுக் கேட்கறேன், பேனாவை மூடுங்க. அவ... அவ என் பொண்ணு.

— என்னது!

— மெதுவா! அவளுக்குத் தெரியாது. நான் வரவே கூடாதுன்னு சத்தியம் வாங்கியிருக்கா. பக்கத்து வீட்டுக்காரர் பேர்ல டிக்கெட் எடுத்து, அவர் தொப்பியையும் மாட்டிக்கிட்டு வந்தேன். கண்ணாடி மட்டும் சொந்தம்.

— பெத்த அப்பனை எதுக்கு வர வேண்டாங்கறா?

— அது என் லட்சணம்மா. பள்ளிக்கூடத்துப் பேச்சுப் போட்டியில நடுவுல ஒரு வரி மறந்து நின்னா. ரெண்டு விநாடி விட்டிருந்தா தானே ஞாபகம் வந்திருக்கும். நான் கடைசி வரிசையில எழுந்து நின்னு, லிஃப்ட்ல கூவற குரல்ல, அந்த வரியைக் கத்திச் சொன்னேன். மண்டபமே சிரிச்சுது. அன்னைக்கு வீட்டுக்கு வர்ற வரைக்கும் என்கூடப் பேசல. நேத்து கையைப் பிடிச்சுக்கிட்டுச் சொன்னா: "அப்பா, நீங்க இருந்தா எந்த நேரத்துல எழுந்து நிப்பீங்களோன்னு எனக்குப் பயமாவே இருக்கும். நாளைக்கு மட்டும் என்னைத் தனியா விடுங்க." சரின்னேன். காலையில பார்த்தா, காலு தானா பஸ் நிலையத்துக்கு நடந்துடுச்சு.

— ஆனாலும் நாப்பது தப்புதானே ஐயா?

— தப்புதான். எழுந்து சொன்னா அவ மானம் போகும். சொல்லாட்டி வேலை போகும். ஆனா அம்மா, அந்தக் கம்பியைப் பிடிக்கச் சொன்னாளே! தாள்ல இல்லாததை! நாப்பது பேரோ நாப்பத்திரண்டு பேரோ, அத்தனை பேர் வாயையும் மூட வச்சாளே! முப்பத்தோரு வருஷம் ஜனங்களைப் பன்னெண்டாவது மாடி வரைக்கும் கொண்டு போனேன். ஒருத்தரும் அண்ணாந்து என் மூஞ்சியைப் பார்த்ததில்லை. அவ எல்லாரையும் வெள்ளைச் சுவத்து முன்னாடி நிறுத்தி அருவியைக் காட்டிட்டாம்மா.

— அழாதீங்க. பேனாவை மூடிட்டேன், பாருங்க. ஐயா, நானும் உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். அந்த ரெண்டாவது டப்பா...

— இருங்கம்மா, பஸ் நின்னுடுச்சு. பஸ் கம்பெனி அலுவலக வாசல். மேற்பார்வையாளர் தாளோட ஏறறார்.

— வாங்க ஐயா. பயணிகள் நாப்பது பேரும் பத்திரமா வந்து சேர்ந்துட்டாங்க.

— ஐயா, வேண்டாம், உட்காருங்க! சத்தியம் பண்ணியிருக்கீங்க! அட, எழுந்துட்டாரே மனுஷன்!

— நாப்பத்திரண்டு! மேற்பார்வையாளர் ஐயா, நாப்பத்திரண்டு! தப்பு அவ மேல இல்லை. அவ எண்ணறப்பல்லாம் நான் குனிஞ்சு குனிஞ்சு ஏமாத்தினேன். இந்த அம்மாவும் குள்ளமா இருக்கறதால மறைஞ்சிருப்பாங்க. எழுதறதா இருந்தா என் பேர்ல எழுதுங்க!

— உட்காருங்கப்பா. தொப்பியைக் கழட்டிட்டு உட்காருங்க. மேற்பார்வையாளர் ஐயா, சீட்டு நாப்பத்திரண்டு, ஆளும் நாப்பத்திரண்டு, தாள்லயும் அப்படித்தான் எழுதியிருக்கேன். ஆனா வேலையில இருக்கறவங்களை எண்ணக் கூடாதுன்னு எங்க அப்பாதான் எனக்குச் சொல்லித் தந்திருக்கார். காலையில இருந்து என் பேச்சு முழுசையும் எனக்கு முன்னாடியே பேசிக்கிட்டு வர்றார் அவர், பக்கத்துல இருபத்தேழு வளைவுக்கும் பிரேக்கை மிதிச்சுக்கிட்டு வர்றாங்க நம்ம டிரைவரோட அம்மா. இவங்க ரெண்டு பேரையும் நான் எப்படி ஐயா பயணிக் கணக்குல சேர்க்கறது?