பூட்டு மாமாவின் மாற்றுச் சாவி

ஸ்டேஷனில் வாங்கித் தந்த டீ நன்றாக இருந்தது, மேடம். நடந்ததை என் கையாலேயே எழுதச் சொன்னதற்கும் நன்றி. டி.வி.யில் நான் எழுதும் வசனத்தை நாலு பேர் திருத்துவார்கள். இங்கே அந்தத் தொல்லை இல்லை.

பெயர் மோகன்குமார். பட்டத்தோடு எழுதுவதானால் 'சிரிப்புச் செம்மல்' மோகன்குமார். நத்தத்தில் ஒரு மாங்காய் மண்டித் திறப்பு விழாவில் கொடுத்தார்கள், சால்வையும் உண்டு. திருவிழா மேடைகளில் பலகுரல் செய்து, பிறகு சென்னை போனேன். பதினொரு படம். ஒன்பதில் கதாநாயகனிடம் அறை வாங்கினேன். மீதி இரண்டில் அறை வாங்கும் காட்சியை வெட்டிவிட்டார்கள். அதன் பிறகுதான் டி.வி.யில் நானே எழுதி நானே நடித்த 'பூட்டு மாமா' வந்தது. அதை நீங்களும் பார்த்திருப்பீர்கள்.

நான் எதையும் கற்பனை செய்வதில்லை, பார்ப்பதை எழுதுகிறேன். காந்திகிராமத்தில் மாணவர்கள் கேட்டபோதும் இதைத்தான் சொன்னேன், கைதட்டினார்கள். பார்த்தது பெருமாள்சாமி அண்ணனை. மேற்கு ரத வீதியில் என் வீட்டுக்கு எதிரே பூட்டுக் கடை வைத்திருந்தார். மதியம் சாப்பிடப் போகும்போது கடையைப் பூட்டி, இழுத்துப் பார்ப்பார். பத்தடி நடப்பார். திரும்பி வந்து மறுபடி இழுத்துப் பார்ப்பார். பூட்டு விற்கிறவருக்கே பூட்டின்மேல் நம்பிக்கை இல்லை. இதைவிட ஒரு எழுத்தாளனுக்கு என்ன வேண்டும்?

முதல் வாரம் பார்த்துவிட்டு, "ஏலே அப்பு, என்னையவா காட்டுற?" என்று சிரித்தார். என்னை அப்பு என்றுதான் கூப்பிடுவார். வடை வாங்கிக் கொடுத்தார். அப்புறம் தெருவே அவரைப் பார்த்துச் சிரிக்க ஆரம்பித்தது. ஆட்டோக்காரர்கள் வண்டியை நிறுத்தி, "மாமா, பூட்டியாச்சா?" என்பார்கள். அதைக் கேட்டதும் அவருக்குச் சந்தேகம் வந்துவிடும், திரும்பிப் போவார். இரண்டு தடவை இழுத்தவர் ஆறு தடவை இழுத்தார். எனக்கு அந்த வருடம் சிறந்த நகைச்சுவை எழுத்தாளர் விருது கிடைத்தது.

அவர் மகள் ஜீவிதா என்னிடம் வந்தாள். "சித்தப்பா, அப்பா மதியச் சோத்துக்கு வீட்டுக்கு வரவே முடியல. பாதி வழியில திரும்பிப் போயிருறாரு. அந்த வேசத்த விட்ருங்களேன்."

"கலைம்மா அது," என்றேன்.

"எங்கப்பாவும் மனுசன்தான சித்தப்பா."

நல்ல வசனம். குறித்துக்கொண்டேன்.

மறுநாள் அண்ணனே ஒரு வழி கண்டுபிடித்தார். மாற்றுச் சாவியை என் கையில் வைத்தார். "அப்பு, நீ எதுத்தாப்புலதான இருக்க. நான் போனதும் செத்த பாத்துட்டு, பூட்டியிருக்குன்னு ஒரு போன் போடு. நீ சொன்னா நான் நம்பிருவேன்." அப்படியே செய்தேன். தினமும் ஒரு போன். "பூட்டியிருக்குண்ணே." ஒரே மாதத்தில் மனிதர் திரும்பிப் பார்ப்பதை விட்டுவிட்டார். வெஞ்சனம் நாலு வகையோடு சாப்பிட்டு, ஏப்பம் விட்டபடி வந்து கடையைத் திறந்தார். முகத்தில் சதை வைத்தது.

எனக்கு எழுத ஒன்றுமில்லை.

டி.வி.க்காரர்கள் அடுத்தது என்ன என்றார்கள். அதே நேரம் ஒரு இயக்குநர் 'பூட்டு மாமா'வை முழுநீளப் படமாக எடுக்கலாம் என்று கூப்பிட்டார். கதை, வசனம், கதாநாயகன் எல்லாமே நான். அறை வாங்க வேண்டியதில்லை. ஆனால் புதிதாகக் காட்சிகள் வேண்டும், முக்கியமாகக் கிளைமாக்ஸ் வேண்டும் என்றார். பார்க்காததை என்னால் எழுத முடியாது. எனவே பார்ப்பதற்கு ஏற்பாடு செய்தேன்.

போனில் "பூட்டியிருக்குண்ணே" என்று சொல்லிவிட்டு, அவர் கொடுத்த சாவியால் பூட்டைத் திறந்து தொங்கவிட்டேன். ஒரு ஆணிகூட எடுக்கவில்லை, மேடம். அதை நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டும். சாப்பிட்டு வந்தவர் திறந்த பூட்டையே வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றார். "நீ பாத்தப்ப பூட்டித்தான அப்பு இருந்துச்சு?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். மொத்தம் ஏழு தடவை செய்தேன். ஐந்தாவது தடவைக்குப் பிறகு, தன் புத்திதான் பிசகிவிட்டது என்று அவரே முடிவு செய்துகொண்டார். தூங்குவதில்லை என்று ஜீவிதா சொன்னாள். என்னை மட்டும் அவர் கடைசிவரை சந்தேகப்படவில்லை. எங்கள் உறவு அப்படி.

தாடிக்கொம்புக் கோவிலில் ஜீவிதாவுக்குக் கல்யாணம். ஷூட்டிங் என்று சொல்லிவிட்டு நான் போகவில்லை. வீட்டு வாசலில் நோட்டோடு உட்கார்ந்திருந்தேன். முகூர்த்தத்துக்கு முக்கால் மணி நேரம் இருக்கும்போது போன் வந்தது. பின்னால் நாயனச் சத்தம்.

"அப்பு, ஷூட்டிங்குக்கு இன்னும் கெளம்பலேல்ல? இன்னைக்கு மட்டும் ஒருக்காச் சொல்லிரு. கடை பூட்டியிருக்கா?"

கடை பூட்டித்தான் இருந்தது. நான், "தெறந்து கெடக்குண்ணே," என்றேன்.

நான் செய்தது இவ்வளவுதான். இரண்டு வார்த்தை.

பட்டு வேட்டியோடு மொபெட்டில் வந்து இறங்கினார். பூட்டை இழுத்தார். பிறகு எதிரே என்னைப் பார்த்தார். கோபப்படவில்லை. கண் கலங்கியிருந்தது. "பூட்டித்தான்யா இருக்கு!" என்று சின்னப் பிள்ளைபோலச் சிரித்தார். தூரத்தில் தப்பாகத் தெரிந்துவிட்டது என்றேன். "ஷூட்டிங் இல்லேனா வண்டியில ஏறு அப்பு, நேரமாச்சு," என்றார். பின்னால் வருகிறேன் என்றேன். கிளம்பினார். பத்தடி போய்த் திரும்பி வந்து இழுத்தார். மறுபடி போய், திரும்பி வந்து இழுத்தார். மூன்றாவது தடவை தெருமுனைவரை போய்விட்டார். அங்கிருந்து வண்டியைத் திருப்பினார். சிமெண்ட் லாரி வருவது எனக்குத் தெரிந்தது. கத்தியிருக்கலாம். ஆனால் மேடம், நான் டி.வி.க்கு எழுதும்போது இரண்டு திருப்பத்தோடு நிறுத்தியிருந்தேன். மூன்றுதான் சரி என்பது அப்போதுதான் புரிந்தது.

தாலி ஏறவில்லை என்று பிறகு சொன்னார்கள்.

அண்ணனை நான்தான் கொன்றேன் என்று எழுதச் சொல்கிறீர்கள். சரி, எழுதிவிட்டேன். சாவி மேசைமேல் இருக்கிறது. ஆனால் இந்தத் தெருவுக்கு வெளியே யாருக்கும் தெரியாத ஒரு மனிதரை இந்த ஊரே நினைவில் வைத்திருக்கும்படி செய்தது யார் என்பதையும் கோர்ட் யோசிக்க வேண்டும்.

இன்னொன்று. இதுவரை எழுதியதை நீங்கள் ஏட்டையாவிடம் கொடுத்து உரக்க வாசிக்கச் சொன்னீர்கள். எதிர் பெஞ்சில் ஜீவிதா இருந்தாள். அப்பா மூன்றாவது தடவை வண்டியைத் திருப்பும் இடம் வந்தபோது முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு குனிந்தாள். தோள்கள் அப்படிக் குலுங்கின. நீங்கள் எழுந்து போய் அவளைப் பிடித்துக்கொண்டீர்கள்.

இருபத்திரண்டு வருடமாக மேடையிலிருந்து ஆட்களின் தோள்களைப் பார்த்து வருகிறேன், மேடம். அடக்க முடியாத சிரிப்பு எனக்குத் தெரியாதா?