தலையாட்டினால் போதும்

"என் வீட்டுக் கதவுல காதை வச்சு என்னடி கேட்டுக்கிட்டு நின்ன?"

"இல்லத்தை, காலி டப்பாவைத் திருப்பிக் குடுக்கலாம்னு வந்தேன்."

"டப்பா இடுப்புல இருந்துச்சு, காது கதவுல இருந்துச்சு. கதவைத் திறந்த நான் என்ன குருடியா?"

"அத்தை, மெதுவாப் பேசுங்க. கீழ வரைக்கும் கேக்குது."

"கேக்கட்டும். உனக்கு மட்டும்தான் கேக்கணுமா?"

நீங்கள் லிப்டைப் பற்றி விசாரிக்க வந்திருக்கிறீர்கள். இவள் என்னடா பழைய சண்டையை அவிழ்க்கிறாள் என்று தோன்றும். கொஞ்சம் பொறுங்கள். விபத்துக்கு முன்னால் யாராவது எச்சரித்தார்களா என்று இந்தக் கட்டடத்தில் எல்லோரிடமும் கேட்டீர்கள். எல்லோரும் இல்லை என்றார்கள். அவர்கள் பொய் சொல்லவில்லை. அவர்கள் ஏன் பொய் சொல்லவில்லை என்பதை விளக்க இந்தச் சண்டையிலிருந்துதான் தொடங்க வேண்டும்.

நான் ஒட்டுக் கேட்டது உண்மை. நாலாவது மாடியில் பல் டாக்டர், அவருடைய மகள், அவருடைய அக்கா என்று மூன்று பேர். டாக்டருக்கு மனைவி இல்லை. மகளை வளர்த்ததெல்லாம் அத்தைதான். அந்தப் பெண் அத்தை என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு, கட்டடம் முழுவதுக்கும் அவர் அத்தையாகிவிட்டார். கண்ணாடிக் கடைக்காரர் மகனுக்கு அந்தப் பெண்ணைக் கேட்டு அன்று ஆட்கள் வந்திருந்தார்கள். எனக்குத் தெரியாமல் இந்தக் கட்டடத்தில் ஒரு கல்யாணம் பேசி முடிவதாவது. மாப்பிள்ளை வீட்டோடு வந்து இருப்பாரா என்கிற கட்டத்தில் பேச்சு நிற்கும்போது அத்தை கதவைத் திறந்துவிட்டார்.

மேலும் கீழும் கதவுகள் திறந்தன. சங்கத்துச் செக்ரட்டரி பனியனோடு வந்தார். தரைத்தளத்துத் தையல்காரர் கழுத்தில் தொங்கிய இஞ்சுடேப்போடு வந்தார். எனக்கு இந்தக் கட்டடத்தில் டிக்‌ஷனரி அக்கா என்று பெயர். மருந்துப் பாட்டிலில் என்ன எழுதியிருக்கிறது, வக்கீல் நோட்டீசில் என்ன சொல்கிறான் என்று எல்லோரும் என்னிடம்தான் வருவார்கள். வருகிறவர்கள் சும்மா வருவார்களா, வீட்டுக் கதையையும் கூடவே கொண்டுவருவார்கள். அந்த மரியாதை ஒரு காதால் போய்விடும் போலிருந்தது. ஆகவே நான் குரலை உயர்த்தவில்லை. செக்ரட்டரியைத் தனியே அழைத்து ஒரு சொல்லைச் சொன்னேன்.

அந்தச் சொல் கன்ஃபாபுலேஷன்.

அப்போது ஓர் அறிவியல் அகராதிக்கு வீட்டிலிருந்தே வேலை செய்துகொண்டிருந்தேன். சொல்லுக்குப் பொருள் எழுதப் பெரியவர்கள் குழு உண்டு. பயன்பாட்டுக்கு ஒரு வாக்கியம் எழுதிச் சேர்ப்பது என் பொறுப்பு. மூளையில் அடிபட்டால் நினைவில் ஓட்டை விழுமாம். அந்த ஓட்டையை மூளை சும்மா விட்டுவைக்காது. நடக்காத ஒன்றைக் கொண்டுவந்து ஒட்டுப்போட்டுவிடும். சொல்கிறவருக்கு ஏமாற்றும் எண்ணம் துளியும் இருக்காது. தன் கண்ணால் பார்த்ததாகவே நம்புவார். அரட்டையடிப்பது என்று பழைய பொருள் ஒன்றும் உண்டு. அதைச் சேர்ப்பதா விடுவதா என்று குழுவில் இரண்டு பேராசிரியர்கள் முகம் கொடுத்துப் பேசுவதையே நிறுத்திவிட்டார்கள். என் பங்குக்கு வாக்கியம்தான் பாக்கி. நல்லதாக ஒன்று அகப்படாமல் காலியாக விட்டிருந்தேன்.

அத்தை அதற்குச் சில வாரங்கள் முன்புதான் குளியலறையில் வழுக்கி விழுந்து மண்டையில் அடிபட்டு ஆஸ்பத்திரியில் கிடந்துவிட்டு வந்திருந்தார். மயக்கம் தெளிந்த புதிதில் நர்சைப் பார்த்து, "டிரங்க் கால் லைன் கொடுத்தாச்சா?" என்று கேட்டாராம். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆயுள் முழுக்க வேலை பார்த்தவர். இரண்டொரு நாளில் சரியாகிவிட்டார். வீட்டுக்கு வந்தபோது என்னைவிடத் தெளிவாக இருந்தார். எனக்கு அது தெரியும். தெரிந்ததால்தான் அந்தச் சொல் தேவைப்பட்டது.

"பாவம், அவங்க மேல தப்பில்ல சார்," என்றேன். "மூளை அப்படிக் காட்டுது. எதிர்த்துப் பேசினா இன்னும் ஜாஸ்தியாகுமாம். சரி சரின்னு தலையாட்டினா போதும்."

இதில் பொய் ஒன்றும் இல்லையே. ஒரு சொல்லின் பொருளைச் சொன்னேன். யாரோடு அதைப் பொருத்திப் பார்ப்பது என்பது கேட்டவர்கள் விருப்பம்.

செக்ரட்டரி அத்தையிடம் போய், "சரிங்கத்தை, நாங்க பாத்துக்கறோம்," என்று தலையாட்டினார். தையல்காரரும் ஆட்டினார். அத்தை அவர்கள் முகத்தை மாறி மாறிப் பார்த்தார். சண்டைக்கு நிற்கிற ஒருவருக்குத் தலையாட்டுவதைவிட மோசமான ஒன்றைச் செய்ய முடியாது என்று அன்றுதான் நான் தெரிந்துகொண்டேன்.

அந்தச் சொல் ஊதுவத்தி மணம் போலப் படியேறி எல்லா வீட்டுக்கும் போய்ச் சேர்ந்தது. சொல்ல வாய் வராதவர்கள் 'டிக்‌ஷனரி அக்கா சொன்ன வியாதி' என்றார்கள். பால்காரன் தண்ணீர் கலக்கிறான் என்றால் தலையாட்டினார்கள். மொட்டைமாடியில் காயப்போட்ட துணியைக் காணோம் என்றால் தலையாட்டினார்கள். பல் டாக்டர் கூட, அத்தனை பேர் வாயைப் பிளக்க வைத்துப் பார்த்தவர், சொந்த அக்காவின் வாயிலிருந்து வருவதைக் கேட்க மறந்துவிட்டார். யாரும் கடுமையாக ஒரு வார்த்தை பேசியதில்லை. அவருக்கு முன்னைவிட அன்பு அதிகமாகவே கிடைத்தது. இதையும் நீங்கள் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும்.

இனி லிப்ட். எங்களுடையது பழைய மாதிரி. மாடிக்கு மாடி கைப்பிடி வைத்த இரும்புக் கதவு. லிப்ட் வந்து நின்றால்தான் கதவு திறக்க வேண்டும். அத்தை ஒரு நாள் செக்ரட்டரியைப் பிடித்துக்கொண்டார்.

"தம்பி, லிப்ட் கீழ நிக்குது, நாலாவது மாடிக் கதவு திறக்குது. உள்ள வெறும் குழி. ஆளைக் கூப்பிட்டுப் பாரு."

செக்ரட்டரி நல்ல மனுஷன். கூடவே மேலே போய்க் கைப்பிடியை இழுத்தார். கதவு அசையவில்லை.

"பாத்தீங்களாத்தை, கல்லு மாதிரி இருக்கு."

"எப்பவும் இல்லப்பா. சில நேரம்."

"சரிங்கத்தை. சில நேரம்." தலையாட்டினார். கீழே வந்ததும் என்னிடம், "பாவம், நேத்து காது, இன்னைக்குக் கதவு," என்று சொல்லிச் சிரித்தார். நானும் சிரித்தேன்.

எனக்கு எதையும் ஒரு தடவை நானே பார்த்துவிட வேண்டும். அது என் குணம். மறுநாள் நாலாவது மாடிக்குப் போய் இழுத்துப் பார்த்தேன். வரவில்லை. மறுபடி இழுத்தேன். வெண்ணெய் போல வந்தது. உள்ளே கம்பிவடம் கறுப்பாகத் தொங்கியது. கிரீஸ் நாற்றத்தோடு குளிர்ந்த காற்று முகத்தில் அடித்தது. கீழே லிப்டின் தலை தெரிந்தது. கதவைச் சத்தம் வராமல் சாத்தினேன்.

செக்ரட்டரியின் வீடு என் வீட்டுக்கு எதிரில். மணியை அடித்திருக்கலாம். அடித்தால், அத்தைக்குக் கதவு விஷயத்தில் கண் சரியாக இருந்தது என்றாகும். கதவு சரி என்றால் காதும் சரி. இப்படி யோசித்துக்கொண்டே மூன்றாவது மாடியில் என் வீட்டு வாசலுக்கு வந்துவிட்டேன். படியில் இறங்கித்தான் வந்தேன். அன்றிலிருந்து நான் லிப்டில் ஏறவில்லை. என்னக்கா புதுசா படியில என்று கேட்டவர்களிடம் முட்டிக்கு நல்லது என்றேன். ஒன்றிரண்டு பேர் என்னைப் பார்த்துத் தாங்களும் படியேறத் தொடங்கினார்கள். அந்த அளவில் சிலரைக் காப்பாற்றியவள் நான்.

அத்தை நாலாவது மாடியில் லிப்டுக்கு எதிரில் ஒரு முக்காலியைப் போட்டு உட்கார ஆரம்பித்தார். வருகிறவர்களையெல்லாம் மறித்தார். "உள்ள லிப்ட் இருக்கான்னு பாத்துட்டுப் போங்க." எல்லோரும் சரி அத்தை என்றார்கள். பார்க்கவில்லை. டாக்டர் ஆஸ்பத்திரிக்குப் போகும்முன் அக்காவைத் தோளோடு அணைத்து உள்ளே கொண்டுபோய்ப் படுக்க வைப்பார். அவர் தலை மறைந்ததும் முக்காலி திரும்ப வரும்.

கல்யாணம் நிச்சயமாகிவிட்டது. அந்தப் பெண் துணியெல்லாம் தையல்காரரிடம் கொடுக்க ஒரு பெரிய பையில் அடைத்துக்கொண்டு கிளம்பினாள். அத்தை பையின் வாரைப் பிடித்துக்கொண்டார்.

"படியில போடி. இல்லன்னா பாத்துட்டுப் போ."

"இவ்ளோ பெரிய பையைத் தூக்கிட்டுப் படியிலயா? நான் மாப்பிள்ளை வீட்டுக்குப் போறதுக்குள்ள என் இடுப்பை ஒடிச்சிடுவீங்க போல."

"விளையாடாதடி. எனக்கு ஒண்ணும் ஆகல. நான் நல்லாத்தான் இருக்கேன். நீயாவது நம்பேன்."

"நம்பறேன் அத்தை. சரி அத்தை. சரி."

முழங்கையால் கைப்பிடியை இழுத்தாள். கதவு வந்தது. முகம் அத்தை பக்கம். தலையாட்டிக்கொண்டே, சிரித்துக்கொண்டே பின்பக்கமாக உள்ளே கால் வைத்தாள்.

பை அத்தையின் கையில் நின்றுவிட்டது.

விபத்துக்குப் பிறகு அத்தை சொன்னதையேதான் சொல்லிக்கொண்டிருந்தார். "நான் சொன்னேனே. உங்க எல்லார்கிட்டயும் சொன்னேனே." கட்டடத்தில் யாராலும் யாரையும் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை. தையல்காரர் கடையைத் திறக்கவில்லை. செக்ரட்டரி என் வீட்டுக்கு வந்து உட்கார்ந்தார். காபி ஆறிப்போயிற்று. கடைசியில், "அக்கா, அந்த வியாதில... நடந்ததுக்கு அப்புறமும் மூளை அப்படிக் காட்டுமா? முன்னாலயே சொன்ன மாதிரி?" என்றார்.

அந்த மனிதனைப் பார்க்கப் பரிதாபமாக இருந்தது. "காட்டும்," என்றேன்.

அவர் அழுதார். பிறகு போய் மற்றவர்களிடம் சொன்னார். ஒரு வாரத்துக்குள் அத்தை எதையுமே சொல்லவில்லை என்றாகிவிட்டது. முக்காலி கால் வலிக்குப் போட்டது என்றார்கள். அதை இப்போது எல்லோரும் நம்புகிறார்கள். தங்கள் கண்ணால் பார்த்ததாகவே நம்புகிறார்கள். ஆகவேதான் சொன்னேன், உங்களிடம் யாரும் பொய் சொல்லவில்லை.

காலியாக விட்டிருந்த வாக்கியத்தை அந்த வாரம்தான் எழுதினேன். 'விபத்தைத் தாம் முன்கூட்டியே எச்சரித்ததாக நோயாளி உறுதிபடக் கூறினார்.' இப்படித் தெளிவான பயன்பாடு அகராதியிலேயே வேறு இல்லை என்று குழு பாராட்டியது. இரண்டு பேராசிரியர்களும் ஒத்துப்போன ஒரே இடம் அது.

அத்தைக்கும் அந்தப் பெண்ணுக்கும் நடந்த பேச்சு இவளுக்கு எப்படித் தெரியும் என்று பார்க்கிறீர்கள். இந்தத் தடவை ஒட்டுக் கேட்கவில்லை. படித் திருப்பத்தில் அவர்களுக்கு எதிரிலேயே நின்றுகொண்டிருந்தேன். ஒன்றைச் சொல்லாமல் விட்டேன். கைப்பிடியை இழுக்கும்முன் அந்தப் பெண் என்னைப் பார்த்துக் கண்ணடித்து, "நீங்களே சொல்லுங்கக்கா, லிப்ட் நல்லாத்தானே இருக்கு?" என்று கேட்டாள். அத்தையும் என்னைத்தான் பார்த்தார். திட்டவில்லை. கெஞ்சுவது போலப் பார்த்தார்.

நான் தலையாட்டினேன்.

அத்தை இப்போது முதியோர் விடுதியில் இருக்கிறார். போன முறை பழம் வாங்கிக்கொண்டு போனேன். என் கையைப் பிடித்துக்கொண்டு, "நான் யார்கிட்டயும் ஒண்ணும் சொல்லல இல்லம்மா? சொல்லியிருந்தா அவ போயிருக்க மாட்டாளே," என்றார். "ஆமாத்தை," என்றேன். அவரே தலையாட்டிக்கொண்டார்.

பல் டாக்டர் வீட்டை விற்றுவிட்டு எங்கேயோ போய்விட்டார். விலாசம் யாருக்கும் தரவில்லை. கண்ணாடிக் கடைக்காரர் மகன் செக்ரட்டரியின் தம்பி மகளைக் கட்டிக்கொண்டான். அந்தப் பேச்சு என் வீட்டுக் கூடத்தில்தான் முடிந்தது. தையல்காரர் கடையை மூடிவிட்டு மச்சான் ஊருக்குப் போனார். நாலாவது மாடிக்குப் புதிதாகக் கல்யாணமான ஜோடி ஒன்று குடிவந்திருக்கிறது. இப்போது இருப்பது புது லிப்ட், கதவு தானாகத் திறந்து தானாக மூடுகிறது, பயமே இல்லை என்று அந்தப் புதுப்பெண் என்னை வருந்தி வருந்திக் கூப்பிடுகிறாள். எனக்கு என்ன பயம். நான் படியிலேயே வருகிறேன் என்று சொல்லிவிட்டேன். முட்டிக்கு அதுதான் நல்லது.