நாற்பதாவது வீடு

ஐயான்னு கூப்பிடாதீங்க தம்பி. ஐயாவுங்களை ஒழிக்கத்தான் நான் மூணு தடவை ஜெயிலுக்குப் போனேன். தோழர்னு கூப்பிடுங்க. வாய் கூசுதுன்னா பெரியவரேன்னு கூப்பிட்டுக்கங்க. உக்காருங்க. அந்த பெஞ்சு ஆடும், சுவத்துப் பக்கமா நகந்து உக்காருங்க. தண்ணி குடிங்க.

நேரா கடைசி வீட்டுல இருந்து ஆரம்பிக்கிறேன்னு கிளம்பிட்டீங்க பாருங்க, அதான் இந்தக் காலத்துப் பிள்ளைங்க. ஊர்க் கணக்கு எடுக்க வந்தவரு ஊரோட கதையைக் கேக்க வேணாமா? அந்த வீட்டுக்கு வரலாம். எங்கயும் போயிடாது.

உங்க நோட்டீஸைப் படிச்சிட்டேன். எழுத்துப்பிழை நிறைய, அதை விடுங்க. நேத்து நடுராத்திரி பன்னெண்டு மணிக்கு உயிரோட இருந்தவங்க எல்லாரும் கணக்குல வரணும். பத்துப் பேருக்குக் குறைஞ்சா ஊர்ங்கிற பேரு போயிடும், பக்கத்துப் பண்ணையூரோட சேத்துடுவீங்க. சரிதானே? எனக்கு பள்ளிக்கூடமே நோட்டீஸ்தான் தம்பி. எழுத்துக் கூட்டிப் படிச்ச முதல் வாக்கியமே ஒரு கண்டன அறிக்கை. (இருமல்.) ஒண்ணுமில்ல, பழைய இருமல். ஜெயில்ல குடுத்தது. கவர்மெண்டு எனக்குக் குடுத்த ஒரே சலுகை.

எங்க தாத்தன் பாட்டன் எல்லாம் பண்ணையோட ஆளுங்க. புதர் வெட்டி, கல் பொறுக்கி, இந்த மண்ணை மண்ணாக்கினது அவங்க. குடியிருந்தது பண்ணையோட கொட்டகையில. ஒரு பக்கம் மாடு, ஒரு பக்கம் நாங்க. மாட்டுப் பக்கம் கூரை ஒழுகாது. அப்ப எங்களுக்கு ஊர்ப்பேரே கிடையாது. எந்த ஊருன்னு கேட்டா பண்ணைக் கொட்டகைன்னு சொல்லணும். அதுக்கு ஒரு முடிவு கட்டினது நாங்க. அறுவடை நேரத்துல வேலைநிறுத்தம். கதிர் முத்தி நிக்குது, ஒருத்தன் அருவா எடுக்கல. பண்ணைக்காரன் கெஞ்சினான், மிரட்டினான், போலீஸைக் கொண்டாந்தான். கடைசில கூலியும் ஏறிச்சு, ஆளுக்குக் கொஞ்சம் நிலமும் வந்துச்சு, தனி ஊர்னு பேரும் வந்துச்சு. அந்தப் பேரைத்தான் உங்க போன்ல ஏத்தி வச்சிருக்கீங்க. அது சும்மா வந்த பேரு இல்ல.

ஒருத்தனும் எடுக்கலன்னா சொன்னேன்? ஒருத்தன் எடுத்தான். கடைசி வீட்டுக்காரன்.

காரணம் இல்லாம இருக்குமா? புள்ளைக்குக் காய்ச்சல். ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போக பண்ணையோட வண்டியை விட்டா வேற நாதி இல்ல. வண்டி வேணும்னா அருவா எடுன்னுட்டான் பண்ணைக்காரன். எடுத்துட்டான். புள்ளை பொழைச்சுது. காரணம் இல்லாத துரோகம் எங்கயாச்சும் உண்டா தம்பி? ஜெயிச்சப்புறம் கூட்டம் போட்டோம். இந்த ஆளை ஊரு மக்களா நாங்க எண்ண மாட்டோம், எவனும் இவன்கூடப் பேசறதில்லன்னு தீர்மானம். ஏகமனதா. வாசகம் என்னுது. இப்பப் படிச்சாலும் ஒரு சொல்லு கூட்டவோ குறைக்கவோ முடியாது.

சொன்னதைச் செஞ்சோம். எந்த ஆபீசர் வந்து ஊர்ல எத்தனை வீடுன்னு கேட்டாலும் முப்பத்தொம்பதுன்னு ஒரே குரல்ல சொன்னோம். அப்ப நாப்பது வீடு இருந்துச்சு. கரண்டு வந்துச்சு, முப்பத்தொம்பது வீட்டுல பல்பு எரிஞ்சுது. அந்த வீட்டுல மண்ணெண்ணெய் விளக்கு. புள்ளை தலையெடுத்ததும் ஊரைவிட்டே ஓடிப்போச்சு. இவன் போகல. பிடிவாதக்காரன்.

அப்புறம் பள்ளிக்கூடம். நாப்பது வீடு இருந்தா ஊருக்கு ஒரு பள்ளிக்கூடம்னு சட்டம் போட்டாங்க. ஒரு ஆபீசரு வந்து, இதோ நீங்க உக்காந்திருக்கிற இடத்துல உக்காந்து, பெரியவரே, கண்ணுக்கு நாப்பது வீடு தெரியுதே, நாப்பதுன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, நாளைக்கே கட்டடம் எழுப்பறேன்னாரு. நல்ல மனுசன். ஊரே என் மூஞ்சியைப் பாத்துச்சு. முப்பத்தொம்பதுன்னேன்.

சிரிங்க, சிரிங்க. கொள்கைன்னா அப்படித்தான்.

பள்ளிக்கூடம் பண்ணையூருக்குப் போச்சு. நம்ம புள்ளைங்க அங்க நடந்தாங்க. நல்லாப் படிச்சாங்க, அதைச் சொல்லணும். படிச்சதுங்க அங்கயே வேலைக்குப் போச்சு, அங்க இருந்து டவுனுக்குப் போச்சு. ஒண்ணொண்ணா அப்பன் ஆத்தாளையும் கூட்டிட்டுப் போச்சு. நிலத்தை என்ன பண்றது? குத்தகைக்கு விட்டாங்க. யாருக்கா? பண்ணைக்குத்தான், வேற யாருக்கு? நிலம் நம்மளுது, மேல ஓடுற டிராக்டர் அவன்து. நாங்க ஜெயிச்சுட்டோம் தம்பி, அதுல சந்தேகமே இல்ல.

சரி, எழுதுங்க. நான் ஒண்ணு. சம்சாரம் போய்ச் சேந்துட்டா. தையல்காரரும் அவரு வீட்டுக்காரம்மாவும், மூணு. தண்ணி மோட்டார் பாத்துக்கிறவரு, அவரு மாமியாரு. பொண்டாட்டி மகன்கூட டவுனுக்குப் போயிட்டா, போறப்ப ஆத்தாளை இவரு தலையில கட்டிட்டா. நாள் பூரா சண்டை. அவங்க சத்தம் இல்லன்னா ஊர் செத்துப்போச்சோன்னு பயமா இருக்கும். அஞ்சு. நீலக் கதவு வீட்டுல ஓரகத்திங்க மூணு பேரு. புருசன்மாரு அண்ணன் தம்பிங்க, மூணு பேருமே போயாச்சு. ஒரே கூரை, மூணு அடுப்பு. மூணு குடும்பம்னே எழுதுங்க, ஒண்ணுன்னு எழுதினா உங்களை அடிப்பாங்க. எட்டு. ஆட்டுக்காரம்மா ஒன்பது. ஆட்டையும் சேக்கச் சொல்லிக் கேப்பா, சட்டத்துல இடம் இல்லன்னு சொல்லிடுங்க.

ஆமா, ஒன்பது. கூட்டத் தெரியாமயா இருக்கேன்?

தையல்காரரு எதையோ தூக்கிட்டுப் போறாரா? அது துணி வெட்டுற மேசையோட பலகை. கடைசி வீட்டுக்குத்தான் போறாரு. போகட்டும், நீங்க இங்க பாருங்க.

பத்தாவதா அந்த வீட்டை எழுதுங்க. ஆண். வயசு என்னைவிட ரெண்டு கூட. தொழில் விவசாயம். அவன்தான் இந்த ஊர்ல கடைசியா, கண்ணு போற வரைக்கும், சொந்தக் கையால உழுதவன். அதையும் எழுத இடம் இருந்தா எழுதுங்க.

நேர்ல பாக்கணுமா? பாக்கலாம். ஆனா பேச மாட்டான். விடிகாலையில போயிட்டான்.

இருங்க, இருங்க, எந்திரிக்காதீங்க. அழிக்காதீங்க. நோட்டீஸ்ல என்ன போட்டிருக்கு? நடுராத்திரி பன்னெண்டு. அப்ப உயிரோட இருந்தான். சாட்சி நான்தான். நேத்து பொழுது சாயறப்ப மோட்டார்காரரு மாமியா வந்து, மூச்சு இழுக்குதுன்னா. இவன் முன்னாடியே போயிட்டா ஊர் போச்சேன்னுதான் போய் உக்காந்தேன். வேற எதுக்கு? பன்னெண்டைத் தாண்ட வைக்கணும், அவ்வளவுதான். தையல்காரரோட கைக்கடியாரத்தை வாங்கிட்டுப் போனேன்.

பேசினேனாவா? ஒரு வார்த்தை பேசல. தீர்மானத்தை யாரு ரத்து பண்ணா? கூட்டம் கூடல, ஓட்டு எடுக்கல. அவனுக்குக் கண்ணு போயி ரொம்ப நாளாச்சு, ஆனா இருமினதும் கண்டுபிடிச்சிட்டான். வந்துட்டியாடான்னான். திரும்ப இருமினேன். இருமக்கூடாதுன்னு தீர்மானத்துல இல்ல. தண்ணியை வாயில விட்டேன். தண்ணி விடக்கூடாதுன்னும் இல்ல. நான் எழுதின தீர்மானம், எனக்குத் தெரியாதா?

பன்னெண்டு ஆச்சு. எந்திரிச்சு வந்திருக்கலாம், வந்த வேலை முடிஞ்சுது.

வரல.

எழுதிட்டீங்களா? பத்து. படிச்சுக் காட்டுங்க. சரி. ஊர் நிக்குது, அடுத்த தடவை நீங்க வர வரைக்கும்.

உறவா? குடும்பத் தலைவருக்கு உறவா? அந்த வீட்டுக்கு அவனேதான் தலைவர். ஓ, ஊர்ல ரத்த சொந்தம் யாராச்சும் இருக்காங்களான்னு ஒரு கட்டம் இருக்கா. இருக்கு. தம்பி ஒருத்தன் இருக்கான்னு போடுங்க. ஆமா, நான்தான். எங்க அண்ணன்.

போனைப் பையில வைங்க தம்பி. செருப்பு இங்கயே கிடக்கட்டும். ஊர்ல ஆம்பளைங்க இப்ப மூணே பேரு, அதுல மோட்டார்காரருக்கு ஒரு தோள் தூக்க வராது. அண்ணனைக் கிடத்தித் தூக்கற அந்தப் பலகைக்கு நாலு மூலை இருக்கு.