தொண்ணூற்றாறாம் பக்கத்துக்குப் பிறகு

மேடையில் வீற்றிருக்கும் பாதிரியார் லீலண்ட் அவர்களே, பாஸ்டனிலிருந்து இந்தப் பனியில் காரோட்டி வந்திருக்கும் பதிப்பாளர் விட்கம் அவர்களே, ஹார்ட்வெல் நூலகத்து நண்பர்களே, பிரெய்ல் அச்சகத்தில் என்னோடு உழைக்கும் தோழர்களே, துயரம் சுமந்து வந்திருக்கும் எல்லோருக்கும் என் வணக்கம்!

பேசுவது ஆம்ப்ரோஸ் டில்டன். மேடையின் இடப்பக்கம், ஜன்னலோரம் நிற்கிறேன். யார் பேசினாலும் முதலில் பெயர், பிறகு நிற்கும் இடம். அது எங்கள் அச்சக வழக்கம். முன்வரிசையில் மிஸ் ஓடெல் கார்வர் அமர்ந்திருக்கிறார். அவருக்குக் கண்ணும் தெரியாது, காதும் கேளாது. பக்கத்தில் இருக்கும் ஜூன் என்ற பெண், நான் பேசுவதையெல்லாம் எழுத்து எழுத்தாக அவர் உள்ளங்கையில் விரலால் சொல்லிக்கொண்டிருக்கிறாள். ஆகவே நிதானமாகப் பேசுவேன். கைதட்ட வேண்டுமென்று தோன்றினால் காலால் தரையைத் தட்டுங்கள். பலகைத் தரை; அவருக்குப் போய்ச் சேரும்.

நண்பர்களே, நேற்றைய செய்தித்தாளைப் பார்த்தீர்களா? "குழந்தைகளுக்காகக் கோரா விட்லாக்கின் வாழ்க்கையை எழுதிய வெர்னா திபோ மறைந்தார்" என்று போட்டிருந்தார்கள். 1956இல் வந்த 'விரல் நுனியில் ரொட்டி'யைப் பாராட்டியிருந்தார்கள். அதோடு செய்தி முடிந்தது. அந்தப் புத்தகம் வந்தபோது வெர்னா அம்மையாருக்கு வயது முப்பத்தொன்று. அவர் மறைந்ததோ அறுபத்தொன்பதில்! நடுவில் முப்பத்தெட்டு ஆண்டுகள் அவர் என்ன செய்தார்? தூங்கினாரா?

இந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில் படித்த எல்லோருக்கும் அந்தப் புத்தகம் மனப்பாடம். பார்வையும் செவியும் இழந்த சிறுமி கோரா, அத்தையோடு மாவு பிசைகிறாள். அத்தை அவள் உள்ளங்கையில் 'ரொட்டி' என்று எழுதுகிறாள். ஏழு வயதுப் பிள்ளைக்கு அன்றுதான் முதல் சொல் கிடைக்கிறது. படிக்கும்போது நானும் அழுதவன்தான். நீங்களும் அழுதிருப்பீர்கள். தொண்ணூற்றாறாம் பக்கத்தில் புத்தகம் முடிந்துவிடும்.

அந்தப் புத்தகம் பிரெய்லில் அச்சாக எங்களிடம் வந்தது. ஓடெல்தான் பிழை திருத்துபவர். அவர் வலக்கை பிரெய்ல் தாளில் ஓடும். இடக்கையில் நான் மூலத்தை விரலால் சொல்லிக்கொண்டே வருவேன். "இருளிலும் மௌனத்திலும் கோரா தவித்துக் கிடந்தாள்" என்ற வரி வந்ததும் ஓடெல் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். பிறகு என் உள்ளங்கையில் விரலால் சொன்னார்:

"ஆம்ப்ரோஸ், இந்தம்மாவுக்கு இருட்டுன்னு யாரு சொன்னது? நான் ஒரு நாளாவது இருட்டைப் பாத்திருக்கேனா? தவிக்கிறாளாம்! எனக்கு மதியச் சாப்பாடு லேட்டானா மட்டுந்தான் தவிப்பு."

சிரித்துவிட்டு மேலே படிக்கத் தொடங்கினார். கடைசிப் பக்கம் முடிந்ததும் கையை நீட்டியபடியே உட்கார்ந்திருந்தார். முடிந்துவிட்டது என்று சொன்னேன். நம்பவில்லை. பிழைச் சீட்டை எடுத்தார். 'தொண்ணூற்றாறுக்குப் பின் பக்கங்கள் விடுபட்டுள்ளன' என்று பிரெய்ல் புள்ளிகளாகக் குத்தினார். எங்கள் அச்சகத்தில் ஓடெலின் கையெழுத்து இல்லாமல் எந்தப் புத்தகமும் தாள்களைச் சேர்த்துத் தைக்கும் தையலுக்குப் போகாது. மூன்று நாள் தையல் அறையே நின்றது! நான் பாஸ்டனுக்குத் தொலைபேசினேன். எதுவும் விடுபடவில்லை என்றார்கள். ஓடெல் அசையவில்லை. கடைசியில் வெர்னா அம்மையாரே பஸ் பிடித்து வந்து சேர்ந்தார்.

கோபத்தோடுதான் வந்தார். நான் நடுவில் உட்கார்ந்து இருவருக்கும் விரலாகவும் வாயாகவும் இருந்தேன்.

"புத்தகம் அவ்வளவுதாங்க. ஒரு பக்கமும் விட்டுப்போகல" என்றார் வெர்னா.

"ஏழு வயசுலயே கோரா செத்துட்டாங்களா?"

"ஐயோ, இல்லை. எழுபத்தெட்டு வரைக்கும் இருந்தாங்க."

"அப்போ எழுபத்தோரு வருஷம் காணோம். நான் கையெழுத்துப் போட மாட்டேன். ரொட்டின்னு சொல்லக் கத்துக்கிட்டாங்க, சரி. அப்புறம் என்ன ஆச்சு?"

வெர்னா அம்மையார் முகம் சிவந்துபோனது. சண்டைதான் என்று நினைத்தேன். என்ன சொன்னார் தெரியுமா? "எனக்குத் தெரியாதுங்க. யாரும் என்னைக் கேட்டதில்ல. நானும் யாரையும் கேட்டதில்ல."

புகழ் வந்துகொண்டிருந்த நேரத்தில் ஓர் எழுத்தாளர் அப்படிச் சொல்வது எவ்வளவு பெரிய விஷயம்! ஓடெலுக்கு அதெல்லாம் பொருட்டில்லை. "அப்போ போய்த் தெரிஞ்சுக்கிட்டு வாங்க" என்றார். வெர்னா திரும்பி வருவதாக வாக்குக் கொடுத்த பிறகுதான் கையெழுத்து விழுந்தது.

வாக்கைக் காப்பாற்றினார், நண்பர்களே! இந்த ஊரின் பழைய செருப்புத் தொழிற்சாலைத் தையல்காரப் பெண்களில் உயிரோடிருந்தவர்களையெல்லாம் தேடிப்பிடித்தார். 1912 வேலைநிறுத்தத்தில் கோரா ஒரு மரப்பெட்டியின் மேல் ஏறி நின்றது, தோழி ஒருத்தி அவர் விரல் சொன்னதை உரக்கக் கூவியது, முதலாளிகள் வெலவெலத்தது, எல்லாம் அப்படித்தான் கிடைத்தன. பெண்களுக்கு வாக்குரிமை கேட்டு எழுதிய கடிதங்கள் கிடைத்தன. "பார்வையற்றவர்களுக்குப் பரிதாபம் வேண்டாம், வேலை கொடுங்கள்" என்று ஆளுநரிடம் நேருக்கு நேர் சொன்னது கிடைத்தது. செக்கர்ஸ் ஆட்டத்தில் கோரா கள்ளத்தனம் செய்வார் என்பதும் கிடைத்தது! ஒவ்வொரு முறையும் புதுப் பக்கங்களோடு வருவார். படித்து முடித்ததும் ஓடெல் ஒரே கேள்விதான் கேட்பார்: "அப்புறம்?"

1971இல் இரண்டாம் புத்தகம். அன்று பதிப்பகத்தில் இருந்தவர்கள், "பிள்ளைகளுக்கு எதுக்கு வேலைநிறுத்தம்? ரொட்டி போதுமே" என்று பாதியை வெட்டினார்கள். "பிள்ளைங்க என்ன, ஏழு வயசுலயேவா நிக்கப்போறாங்க?" என்று வெர்னா கேட்டார்.  அந்தப் புத்தகம் இரண்டே ஆண்டில் கடைகளிலிருந்து மறைந்தது. ரொட்டிப் புத்தகம் மட்டும் ஓடிக்கொண்டே இருந்தது. அவருக்கு அதில் கசப்பு இருந்தது. இல்லையென்று நான் பொய் சொல்ல மாட்டேன்.

வெட்டியதையெல்லாம் சேர்த்து, முழு எழுபத்தெட்டு ஆண்டுகளையும் மூன்றாவது முறையாக எழுதினார். சென்ற செப்டம்பரில் முடித்தார். நோய் அதற்குமேல் விடவில்லை. அவருடைய தாள்களுக்கெல்லாம் என்னைப் பொறுப்பாக்கிவிட்டுப் போயிருக்கிறார்.

வாசலில் விட்கம் அவர்கள் என் கையைப் பிடித்துக்கொண்டார். நினைவுப் பதிப்பாக ரொட்டிப் புத்தகத்தை அழகாகக் கொண்டுவரலாம், மூன்றாவதைப் பிறகு பார்க்கலாம் என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார். நேற்று கேட்டிருந்தால் சம்மதித்திருப்பேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஏனென்றால், நான் எழுதிவைத்திருந்த இந்த இரங்கல் உரையே, 1956இல் வெர்னா அம்மையார் பஸ்ஸிலிருந்து இறங்கிவந்த கதையோடு முடிந்தது. அழகான முடிவு என்று எனக்கே பெருமை!

இன்று காலை அந்த உரையை ஓடெலின் உள்ளங்கையில் சொல்லிக் காட்டினேன். பிழை இருந்தால் சொல்வார் அல்லவா? முழுவதும் கேட்டார். அவர் கன்னம் நனைந்திருந்தது. சட்டைப்பையிலிருந்து ஒரு சீட்டை எடுத்துக் குத்தி என்னிடம் நீட்டினார். அது இதோ என் கையில் இருக்கிறது.

'பக்கங்கள் விடுபட்டுள்ளன.'

செய்தித்தாளைத் திட்டிய நானும் அதையேதான் செய்திருந்தேன்! கோராவை ஏழு வயதில் நிறுத்தினோம். வெர்னாவை முப்பத்தொன்றில் நிறுத்தப் பார்த்தோம். நமக்கு ஏன் இந்தப் பழக்கம்? ஒருவர் வளர்ந்துவிட்டால் நமக்கு ஏன் பயம்?

விட்கம் அவர்களே, இந்த அவையின் முன் பதில் சொல்கிறேன். மூன்றாம் புத்தகம் முதலில். ரொட்டி அதன் முதல் அத்தியாயமாக இருக்கட்டும். நீங்கள் தலையசைப்பதைப் பார்க்கிறேன். அது சம்மதமா, கழுத்து வலியா என்று பிறகு கேட்டுக்கொள்கிறேன். நீங்கள் தாமதித்தாலும் பிரெய்லில் நாங்கள் தாமதிக்கப்போவதில்லை. வெர்னா அம்மையாரே, உங்கள் பக்கம் ஒன்றுகூட விடுபடாது. இது எங்கள் அச்சகத்தின் உறுதிமொழி!

தரையைத் தட்டுங்கள், நண்பர்களே. இன்னும் பலமாக! ஓடெல் சிரிக்கிறார். ஏதோ சொல்ல வேண்டுமாம்; கையை நீட்டுகிறார். பொறுங்கள், இறங்கிப் போய்க் கேட்டுச் சொல்கிறேன்.

"அப்புறம்?" என்று கேட்கிறார்.

திங்கட்கிழமை காலை எட்டு மணிக்கு, முதல் பக்கத்திலிருந்து என்று சொல்லிவிட்டேன்.