இருபத்தொன்று நிறைந்தவள்

டீ நன்றாக இருக்கிறது ஐயா. ஸ்டேஷன் டீ கழுநீர் மாதிரி இருக்கும் என்று பயந்துகொண்டேதான் வாங்கினேன். நீங்கள் நிதானமாக எழுதுங்கள். எனக்கு அவசரமில்லை, படகை யாராவது கரையேற்றியிருப்பார்கள்.

என் பெயர் மண்ணாங்கட்டி. எனக்கு முன்னால் பிறந்தது எதுவும் தங்கவில்லை. எமன் கண்ணில் படாமலிருக்க வைத்த பெயர். எங்கள் குப்பம் எண்ணூர் கழிமுகத்துக்கு வடக்கே இருக்கிறது. மாநகராட்சி இன்னும் எங்களை எட்டவில்லை, ஊராட்சிதான். எப்போதும் பக்கத்துக் குப்பத்துக்காரன்தான் தலைவர். மின் நிலையத்துச் சாம்பல் குழாய் உடைந்து ஆறு நாறினாலும் போய்க் கேட்க எங்கள் பக்கம் நாதியில்லை. இந்த முறை தலைவர் பதவியைப் பெண்களுக்கு ஒதுக்கினார்கள். ஊர் கூடி, "இந்த வாட்டி உன் வூட்லேர்ந்துதான் மாமு" என்றது. என் பெண்சாதி காய்ச்சலில் போய்ச் சேர்ந்துவிட்டாள். வீட்டில் இருந்தது சின்னவள் செங்கொடி. வாயைத் திறந்தால் எதிராளி வாயடைத்துப் போவான். ஒரே குறை, வயசு பத்தொன்பது. தேர்தலில் நிற்க இருபத்தொன்று நிறைந்திருக்க வேண்டும்.

இருபத்தொன்று நிறைந்தவள் பெரியவள், அன்புக்கரசி. எங்கள் ஊரில் பிள்ளைகளின் வயசைக் கேட்டால், சுனாமிக்கு முந்தினதா பிந்தினதா என்றுதான் பேச்சே ஆரம்பிக்கும். சுனாமியன்று அவள் கைக்குழந்தை. தோளில் போட்டுக்கொண்டு ரயில் பாதை மேடு வரை ஓடினேன். மேட்டில் ஏறிய பிறகும் என் கழுத்தை விடவில்லை. அதற்கப்புறம் அவளை நான் தண்ணீர்ப் பக்கம் விட்டதேயில்லை. மீன்காரன் மகள், நீச்சல் தெரியாமலே வளர்ந்தாள்.

இரண்டு வருஷம் முன்னால் ராயபுரத்து ஃப்ரெடியோடு போய்விட்டாள். துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறான். தங்கமான பையன் என்றுகூடச் சொன்னார்கள். தங்கமாகவே இருக்கட்டும், நம்ம ஆள் இல்லையே. அப்படிப் போனவளைச் செத்தவள் என்று தலைமுழுகுவது எங்கள் வழக்கம். சிலபேர் வாயால் சொல்வதோடு சரி. நான் அரைகுறையாகச் செய்யவில்லை. மொட்டை போட்டேன், படத்துக்கு மாலை போட்டேன், பதினாறாம் நாள் ஊருக்கே சோறு போட்டேன். வயிறாரச் சாப்பிட்டார்கள்.

அதைப் போய்ச் சர்க்காரிடம் சொல்லவில்லை, அவ்வளவுதான். ஊருக்கு அவள் செத்தவள், வாக்காளர் பட்டியலில் உயிரோடிருந்தாள். அவள் பிறப்புச் சான்றிதழ் என்னிடம் இருந்தது. இரண்டு பேருக்கும் உரித்து வைத்த மாதிரி ஒரே முகம். செங்கொடியை அன்புக்கரசி என்று சொல்லி மனுத்தாக்கல் செய்தோம். "அக்கா பேரு வேணாம் நைனா" என்று அழுதாள். சின்னப் பெண், பயப்படுகிறாள் என்று நினைத்தேன். ஊரில் ஒருவரும் தப்பென்று சொல்லவில்லை. அக்காவின் பாவாடை சட்டை தங்கைக்கு வருவதில்லையா?

மனுத்தாக்கல் முடிய இன்னும் ஒரு நாள் பாக்கி இருந்தபோது, எப்படியோ கேள்விப்பட்டுப் பெரியவள் வந்தாள். நல்ல வெயில் நேரம், குப்பமே படுத்துக் கிடந்தது. சண்டை போட வந்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். "இன்னாத்துக்கு நைனா தங்கச்சிய மாட்டி வுடற? அது ஜெயிலுக்குப் பூடும். எனுக்குத்தான் வயசு கீதே, லிஸ்ட்ல பேரும் கீது. நானே நிக்கிறேன்" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "ஜெயிச்சா வூட்டாண்ட வந்துகினு போய்கினு இருப்பேன்ல?" என்றும் கேட்டாள்.

நியாயமான பேச்சுதான். நானும் யோசித்துப் பார்த்தேன். ஆனால் அவள் உயிரோடு வந்து நின்றால் நான் ஊரில் எப்படித் தலைகாட்டுவது? சாப்பிட்ட சோற்றை யாரிடம் திருப்பிக் கேட்பது?

"செரிம்மா, அக்கரையில வுடறேன், நாளைக்குக் காலீல வா" என்று படகில் ஏற்றினேன். மின் நிலையத்துச் சுடுதண்ணீர் வந்து விழும் இடத்தில் மீன் கிடையாது, அதனால் அங்கே யாரும் வலை போடுவதில்லை. நல்ல ஆழம். அவள் தலையைத் தடவிக் கொடுத்தேன். இந்தத் தடவையும் கழுத்தைத்தான் பிடித்தாள். விரல்களைப் பிரிக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது. திரும்பும்போது படகு லேசாக இருந்தது.

மனுவை ஏற்றுக்கொண்ட அன்றைக்கு அவள் எங்கள் கரையிலேயே ஒதுங்கினாள். ஊரே வந்து பார்த்தது. எல்லாருக்கும் தெரிந்தது, ஒருவரும் வாய் திறக்கவில்லை. ஏற்கெனவே காரியம் முடிந்தவள்தானே. அடையாளம் தெரியாத பிணம் என்று எழுத உங்கள் ஏட்டு பேனாவை எடுத்துவிட்டார். செங்கொடி சும்மா இருந்திருக்கலாம். "இது எங்க அக்கா அன்புக்கரசி" என்றாள். அப்போ நீ யாரும்மா என்று அவர் கேட்டார். "செங்கொடி. பத்தொம்போது வயசு" என்றாள். அந்த ஒரு பேச்சில் எங்கள் குப்பத்துக்கு வரவேண்டிய பதவி போயிற்று. என் மனசு விட்டுப்போனது அப்போதுதான் ஐயா.

நான் எதையும் மறைக்கவில்லை. படகில் ஏற்றியது நான், விரலைப் பிரித்தது நான், தள்ளியது நான். அப்படியே எழுதுங்கள், கைநாட்டு வைக்கிறேன். கொலை என்று மட்டும் போட்டுவிடாதீர்கள். என் மகள் செத்து இரண்டு வருஷம் ஆகிறது. சந்தேகம் இருந்தால் குப்பத்தில் போய் விசாரியுங்கள், அந்தச் சோற்றைச் சாப்பிடாதவர் ஒருவரும் இல்லை.