ஒன்பது பி-க்குப் போற படிக்கட்டு

இல்ல இல்ல மிஸ், அந்தக் கதவு இல்ல, அது ஸ்டோர் ரூம். உங்களுக்கு முன்னாடி வந்த ஒரு சார் அதைத்தான் வகுப்புன்னு நெனச்சு உள்ள போயி, ஒடஞ்ச பெஞ்சுங்களுக்கெல்லாம் குட் மார்னிங் சொல்லிட்டு வந்தாரு. பாவம், இந்த ஸ்கூல்ல அவருக்கு மரியாதை குடுத்தது அந்த பெஞ்சுங்க மட்டும்தான். இப்படி வாங்க. பைய குடுங்க, நான் தூக்கிட்டு வரேன். வேணாமா? சரி, நீங்களே வச்சுக்குங்க, அதுவும் நல்லதுதான். கெளம்பும்போது தேட வேண்டியதில்ல பாருங்க.

ஐயோ, சும்மா சொன்னேன் மிஸ். சிரிங்க.

நானா? நான்தான் ஒன்பது பி லீடர். எல்லாரும் லவுட்ஸ்பீக்கர்னு கூப்பிடுவாங்க. எங்கம்மாவும் அப்படித்தான் கூப்பிடுவாங்க, என்ன, அவங்க கூடவே ஆஃப் பண்ணுடின்னும் சேத்துப்பாங்க. ஹெச்.எம். என்கிட்ட சொன்னது உங்களுக்கும் கேட்டுச்சுல்ல? புது மிஸ்ஸ மாடிக்குக் கூட்டிட்டுப் போ, சீக்கிரம் கூட்டிட்டுப் போ, வாயத் தொறக்காம கூட்டிட்டுப் போ. மூணுல ஒண்ணாவது நடக்குதுல்ல, விடுங்க. அவங்களுக்கு நாங்க வச்ச பேரு சைலன்ஸ். இந்தக் கட்டடத்துலயே அதிகமா சத்தம் போடறது அவங்கதான், போடற சத்தம் சைலன்ஸ்.

படி பாத்து மிஸ், இந்த மூணாவது படி ஓரம் பேந்திருக்கு. லிஃப்ட்டா? இருக்கே. அதோட சாவி பியூன் அண்ணன் இடுப்புல இருக்கு. பியூன் அண்ணன் எங்க இருக்காருன்னு ஆண்டவனுக்குத்தான் வெளிச்சம்.

ஸ்டாஃப் ரூம்ல எங்களப் பத்தி என்ன சொன்னாங்க? சொல்லுங்க மிஸ், நான் கோச்சுக்க மாட்டேன். வால் மட்டும் மொளைக்காத கூட்டமா? இது புதுசா இருக்கே. சயின்ஸ் மிஸ்தானே சொன்னாங்க? மூக்கால, இப்படி… இந்தக் கூட்டத்துக்கு வால் மட்டுந்தாங்க மொளைக்கல… பாத்தீங்களா, கண்டுபிடிச்சுட்டேன். இல்ல மிஸ், ஒட்டுக் கேக்கல, சத்தியமா. அவங்க வாய்லதான் அந்த வார்த்தை பொருந்தும். யாரு எத எப்படிச் சொல்லுவாங்கன்னு எனக்குக் கரெக்டா வந்துடும். கணக்குதான் வராது.

சரி, ஹெச்.எம். உங்ககிட்ட சொல்லாத ஒண்ண நான் சொல்லிடறேன். வெள்ளிக்கெழம எங்க வகுப்புக்கு வந்து, கதவுல சாஞ்சுக்கிட்டு மெதுவா பேசினாங்க. அவங்க மெதுவா பேசினா விஷயம் பெருசுன்னு அர்த்தம் மிஸ். திங்கக்கெழம புதுசா ஒரு கணக்கு மிஸ் வராங்க, அவங்களும் ஓடினாங்கன்னா ஒன்பது பி-ங்கற வகுப்பே இந்த ஸ்கூல்ல இருக்காது, ஏ, சி, டின்னு சீட்டுக்கட்டு மாதிரி கலைச்சுப் போட்டுடுவேன்னாங்க. அவங்க சொன்னா செய்வாங்க. எல்.கே.ஜி.லேருந்து ஒண்ணா இருக்கோம் மிஸ் நாங்க. யாரு எப்ப அழுவான்னு எங்களுக்குத் தெரியும். ஏ செக்‌ஷன் பசங்களப் பாத்திருக்கீங்களா? தேதி எழுதறதக்கூட கையால மறச்சுக்கிட்டு எழுதுவாங்க. அவங்க நடுவுல என்னைக் கொண்டுபோய் வச்சா ஒரு வாரத்துல எனக்கு வாய் ஒட்டிக்கும்.

ஆமாம் மிஸ், முன்னாடி வந்த நாலு பேரையும் நாங்கதான் வெரட்டினோம். நீங்க நேரா கேட்டதால நானும் நேரா சொல்லிடறேன். இங்க கொஞ்சம் நிக்கலாமா? மொதல் மாடி. மூச்சு வாங்குதுல்ல உங்களுக்கு? இல்லையா? எனக்கு வாங்குது.

மொதல்ல வந்தவரு ஆக்சுவலா சார். அவரு ஆக்சுவலா ரொம்ப நல்லவரு மிஸ். ஆக்சுவலா ஏ ஸ்கொயர், ஆக்சுவலா பி ஸ்கொயர், ஆக்சுவலா நீ ஏம்மா ஜன்னல பாக்கற. அவருக்கு நாங்க முனகல் வைத்தியம் பண்ணினோம். வாய மூடிக்கிட்டு எல்லாரும் ம்ம்ம்ம்னு ஒரே சுருதியில. அவரு எந்த வரிசைப் பக்கம் வராரோ அந்த வரிசை நிறுத்திடும், எதிர் வரிசை எடுத்துக்கும். மனுஷன் பீரியட் முழுக்க வண்டு தேடினாரு. ஃபேனுக்குள்ள தேடினாரு, அவரு காதுக்குள்ளயே தேடினாரு. மறுநாள் காது டாக்டர்கிட்ட போறேன்னு போனவருதான்.

அப்புறம் மூட்டுவலி சார். அதுக்கு மட்டும் முழுப் பொறுப்பு நான். வெராண்டாவுல நின்னுக்கிட்டு ஹெச்.எம். குரல்ல ஒரு தடவை, சார், கொஞ்சம் கீழ வரீங்களா… அவ்வளவுதான். மூணு மாடி எறங்குவாரு. அங்க ஹெச்.எம்., நான் கூப்பிடலையேன்னு சொல்லுவாங்க. மூணு மாடி ஏறுவாரு. சாக்பீஸ எடுப்பாரு. சார், கொஞ்சம் கீழ வரீங்களா… ஒரே பீரியட்ல ஒரு மலை ஏறி எறங்கின மாதிரி. சிரிக்காதீங்க மிஸ், நீங்க சிரிச்சா எனக்கு இன்னும் சொல்லத் தோணும்.

மூணாவதா வந்தவரு மீசை சார். உள்ள வரும்போதே, நான் சொல்றவரைக்கும் எவனும் வாயத் தொறக்கக் கூடாதுன்னு உறுமினாரு. அவரு கெட்ட நேரம், தொறங்கன்னு சொல்ல மறந்துட்டாரு. நாங்களும் சொன்ன பேச்சத் தட்டாத புள்ளைங்களாச்சே, மூடினது மூடினதுதான். ஹெச்.எம். உள்ள வந்து, சார் என்ன நடத்தினாருன்னு கேக்கறாங்க. வகுப்பே உதட்ட ஒட்டிக்கிட்டு முழிக்குது. சார் வேர்த்து விறுவிறுத்து, டேய் பேசுங்கடா, பேசுங்கடா செல்லங்களான்னு கெஞ்சினாரு பாருங்க, அந்த மீசைக்கும் அந்தச் செல்லத்துக்கும் சம்பந்தமே இல்ல.

நாலாவதா வந்த மிஸ்ஸப் பத்தி… வேணாம் மிஸ், நடப்போம்.

இல்ல, சொல்றேன். நீங்க அப்படிப் பாத்தா சொல்லாம இருக்க முடியல.

அவங்களுக்கு எப்பவும் மூக்கு நுனியில சாக்பீஸ் தூள் இருக்கும். வெறுங்கையால வட்டம் போடுவாங்க, காம்பஸ் வச்சுப் பாத்தாலும் பிசகாது. நடுநடுவுல ஜோக்கு. நல்ல ஜோக்கு மிஸ், அதான் பிரச்சினையே. கடைசி பெஞ்சுல தூங்கமூஞ்சின்னு ஒருத்தன் இருக்கான், அவனே முழிச்சுக்கிட்டு உக்காந்து கணக்கு போட ஆரம்பிச்சுட்டான். நெலம கை மீறிப் போகுதுன்னு கொழாயடியில அவசரக் கூட்டம் போட்டோம். ஒரே ஒரு முடிவுதான். சிரிக்கக் கூடாது. என்ன ஜோக்கு சொன்னாலும் செவுரு மாதிரி உக்காரணும். தூங்கமூஞ்சி சிரிப்ப அடக்கறதுக்கு கழுத்துல இருந்த டைய வாய்க்குள்ள திணிச்சுக்கிட்டான். மிஸ் ஒரு ஜோக்கு சொல்லிட்டு எங்க மூஞ்சியப் பாப்பாங்க, அப்புறம் இன்னொண்ணு சொல்லுவாங்க. அப்புறம் சொல்றத நிறுத்திட்டாங்க. கடைசி நாளு, போர்டப் பாத்துக்கிட்டு சாக்பீஸோட நின்னாங்க, எதுவுமே எழுதல. பெல் அடிச்சதும் டஸ்டர எடுத்து போர்ட அழிச்சுட்டுப் போனாங்க. எழுதாத போர்ட எதுக்கு மிஸ் அழிக்கணும்?

அன்னிக்கு எங்கள்ல யாரும் கை தட்டிக்கல.

ஏன் இப்படிப் பண்றீங்கன்னா… ரெண்டாவது மாடி வந்துடுச்சு பாருங்க. தண்ணி குடிக்கிறீங்களா? இந்தக் கொழாய்ல வேணாம், தொறந்தா தண்ணி மேல பாக்க வரும், கன்னத்துல அறையற மாதிரி. இந்தாங்க, என் பாட்டில்ல குடிங்க.

எல்லாம் மீதி சாருக்காகத்தான் மிஸ்.

மீதி சார்தான் எங்க கணக்கு சார். எந்தக் கணக்கு போட்டாலும் மீதி எங்க, மீதி எங்கன்னு கேப்பாரு. மீதி வராத கணக்குக்கும் கேப்பாரு. நான் அவர மாதிரி பேசறேன்னு கேள்விப்பட்டு ஒரு நாள் என்னைக் கூப்பிட்டாரு. செத்தோம்னு போனேன். சாக்பீஸ என் கையில குடுத்துட்டு என் எடத்துல உக்காந்துக்கிட்டாரு. ம், நடத்து. நானும் அவர மாதிரியே இல்லாத கண்ணாடிய ஏத்தி விட்டுக்கிட்டு, இடுப்புல கை வச்சு, மீதி எங்கடான்னு ஒரு சத்தம். விழுந்து விழுந்து சிரிச்சாரு. ஐயையோ, நான் இவ்வளவு கேவலமாவா பேசறேன்னு கேட்டாரு. வேற எந்த வாத்தியாரு மிஸ் அப்படிக் கேப்பாரு?

என் மார்க்கப் பாத்து எங்கப்பா, ஏண்டி, இது மார்க்கா செருப்பு சைஸான்னு கேட்டவரு. மீதி சார் அப்படியெல்லாம் கேக்க மாட்டாரு. போர்டுல நான் போட்ட கணக்க ரொம்ப நேரம் பாத்துட்டு, தப்பக்கூட இவ்வளவு தைரியமா போடறது நீ ஒருத்திதான், போய் உக்காரு, நாளைக்கு வந்து இதே தப்பப் போடாத, புதுசா ஒண்ணு போடுன்னாரு. தெனம் புதுசு புதுசா போட்டு, கடைசியில போடறதுக்குத் தப்பே கெடைக்காம ஒரு கணக்கு சரியா வந்துடுச்சு மிஸ். எனக்கே பயமாப் போச்சு.

ஸ்கூல் லீவு முடிஞ்ச கையோட ஒரு நாள் வந்தாரு. கொஞ்ச நாள் நான் வர மாட்டேன், வேற யாராவது வருவாங்கன்னாரு. அப்புறம் சிரிச்சுக்கிட்டே, எவன் வந்தாலும் என் எடத்த விட்டுக் குடுத்துடாதீங்கடான்னாரு. அவரு சிரிச்சாரு. நாங்க யாரும் சிரிக்கல. டெஸ்க்குல கை வச்சு சத்தியம் பண்ணினோம். ஹெச்.எம்.கிட்ட எப்பக் கேட்டாலும் லீவுல இருக்காருன்னுதான் சொல்லுவாங்க. லீவுன்னா திரும்பி வருவாருன்னுதானே அர்த்தம்? அவரு வர்றவரைக்கும் யாராவது எடத்தப் பாத்துக்கணும்ல?

இதோ, மூணாவது மாடி. அந்தக் கடைசிக் கதவுதான். சத்தமே இல்ல பாத்தீங்களா? சத்தம் இல்லன்னாதான் பயப்படணும். இன்னிக்கு உங்களுக்கு என்ன வச்சிருக்காங்கன்னு சொல்லக் கூடாது, லீடரா இருந்துக்கிட்டு காட்டிக் குடுக்கறது துரோகம். எல்லாரும் உங்கள சார்னுதான் கூப்பிடுவாங்க. குட் மார்னிங் சார், டவுட்டு சார். மிஸ்னு சொல்லுங்கன்னு நீங்க சொல்லுவீங்க, உடனே பணிவா, சாரி சார்ம்பாங்க. வருஷம் பூரா அப்படியே கூப்பிடறதா தீர்மானம். ஆமாம், துரோகம்தான், சொல்லிட்டேன். இன்னிக்கு அதெல்லாம் பாக்க முடியாது.

ஏன் நின்னுட்டேனா? கால் வலி மிஸ்.

இல்ல… சனிக்கெழம த்ரோபால் மேட்ச்சுக்குப் போனேன், டவுனுக்கு அந்தப் பக்கம் இருக்கே, அந்தப் பெரிய ஸ்கூல்ல. எங்க வகுப்புலேருந்து நான் மட்டும்தான், மத்தவங்கெல்லாம் பத்தாவது அக்காங்க. அவங்க டீம் பக்கம் ஒருத்தர் ஊதா டீ-ஷர்ட் போட்டுக்கிட்டு விசில் ஊதிக்கிட்டு நின்னாரு. எங்க சர்வீஸ் வலையில மாட்டினப்ப குதிச்சு குதிச்சு கை தட்டினாரு. தண்ணி பாட்டில ஒரு பையன்கிட்ட குடுத்தாரு, அவன் குடிச்சுட்டுத் திருப்பிக் குடுத்தான். டேய், மீதி எங்கடான்னாரு. அந்தப் பசங்க எல்லாம் சிரிச்சாங்க.

அவரு அங்க சேந்து ரொம்ப நாளாச்சாம். அந்த ஸ்கூல் பொண்ணு ஒருத்தி சொன்னா. சூப்பர் சாருடின்னா. என்கிட்டயே சொல்றா.

அவரு என்னைப் பாத்தாரு மிஸ். பாக்காம இருந்திருந்தாக்கூட பரவால்ல. கைய ஆட்டிக்கிட்டு கிட்ட வந்து, ஏய் லவுட்ஸ்பீக்கர், நல்லா இருக்கியா, எல்லாரும் எப்படி இருக்காங்கன்னு கேட்டாரு. கோவமா பேசணும்னு பாத்தேன், வரல. எல்லார் குரலும் வர்ற எனக்கு அன்னிக்கு என் குரல் வரல. அப்புறம் கேட்டாரு, இப்ப உங்களுக்கு யாரு கணக்கு எடுக்கறாங்க?

யாரையும் உள்ள விடலையே சார்னு சொல்லியிருக்கணும். சொல்லல. புது மிஸ் ஒருத்தங்க வந்திருக்காங்க சார், சூப்பரா நடத்தறாங்க, வகுப்பே அவங்கன்னா உயிர விடும்னு சொல்லிட்டேன். நல்லது நல்லதுன்னு தலையில ஒரு தட்டு தட்டிட்டுப் போயிட்டாரு. உங்க மூஞ்சிகூட எனக்கு அப்பத் தெரியாது மிஸ். நீங்க குட்டையா நெட்டையான்னுகூடத் தெரியாது.

வகுப்புல இன்னும் யாருக்கும் தெரியாது. காலையிலேருந்து சொல்லணும் சொல்லணும்னு வாயத் தொறக்கறேன், வேற என்னென்னமோதான் வருது. தூங்கமூஞ்சி இன்னிக்கு முழிச்சுக்கிட்டே வந்திருக்கான் மிஸ், உங்கள வெரட்டறதுக்குன்னே.

நீங்க இங்கயே நில்லுங்க, இந்தத் தூணுக்குப் பின்னாடி. நான் மொதல்ல உள்ள போயி எல்லாத்தையும் சொல்லிடறேன். கொஞ்ச நேரம் பயங்கரமா சத்தம் கேக்கும், நீங்க வந்துடாதீங்க. அப்புறம் கேக்காது. கேக்காதப்ப வாங்க.